மாய உலகக் கதைக்குக் காலத்தைத் திருப்பும் கருவி செய்வது எப்படி

காலத்தைப் பின்னால் ஓட்டும் ஒரு கருவியை உங்கள் கதையில் வைக்கப் போகிறீர்கள் என்றால், அது எந்த உலோகம், எப்படி மின்னும், எந்த முனிவர் கொடுத்தார் என்பதையெல்லாம் கடைசிக்குத் தள்ளுங்கள். முதலில் முடிவு செய்ய வேண்டியது ஒன்றுதான். காலம் திரும்பிய பிறகு நடந்தது யாருக்கு ஞாபகம் இருக்கும்? இதற்குப் பதில் கிடைத்தால் மற்ற விதிகளில் பாதி தானாக வந்து விழும்.

எப்படி என்றால், உலகம் முழுக்கப் பின்னால் போகிறது, கருவியை வைத்திருப்பவளுக்கு மட்டும் எல்லாம் ஞாபகம் இருக்கிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். ஞாபகம் இருப்பது மூளையில். மூளை பின்னால் போகவில்லை என்றால் அவள் உடம்பின் மற்ற பாகம் மட்டும் ஏன் போக வேண்டும்? ஆக, அந்த நேரத்துக்குள் அவளுக்குப் பட்ட வெட்டு ஆறாது, பசி தீராது, தூக்கம் கண்ணில் சேர்ந்துகொண்டே வரும். அவள் நின்ற இடமும் மாறாது. முதலில் அரண்மனையில் தோழிகளோடு பேசிக்கொண்டிருந்தவள், பிறகு கோட்டை வாசலுக்கு ஓடி, அங்கே நின்று காலத்தைத் திருப்புகிறாள் என்றால், தோழிகள் பார்வையில் அவள் பேச்சின் நடுவே மறைந்துபோகிறாள். தோழிகளுக்கு என்ன பதில் சொல்வது என்பதே ஒரு நல்ல காட்சி. கருவிக்கு விலையாக ஆயுளில் பாதி, ஆன்மாவில் கால் என்று எதையாவது வெளியிலிருந்து ஒட்டவைப்பதைவிட, விதிக்குள்ளிருந்தே வரும் இந்த மாதிரி விலைதான் வாசகருக்கு உறைக்கும்.

சரி, இது ஒரு வகைக் கருவி. இன்னொரு வகையில் உலகம் அப்படியே இருக்கும், ஆள் மட்டும் பழைய நேரத்துக்குப் போவார். அங்கே அவருடைய பழைய உருவமும் இருக்கும், ஆகவே ஒரே ஆள் இரண்டு பேர். இதை எடுத்தால் தாத்தா முரண்பாடு வாசலில் வந்து நிற்கும்: போனவர் தன் தாத்தாவை இளமையிலேயே கொன்றுவிட்டால், போனவர் யார்? காலம் இரண்டாகக் கிளை பிரியும் என்று வைக்கலாம், அல்லது இயற்பியலாளர் இகோர் நோவிகோவ் சொன்ன பக்கம் போய், முரண்பாடு உண்டாக்கும் எதுவும் நடக்கவே நடக்காது, போனவர் செய்தது எல்லாம் முன்பே நடந்ததன் பகுதிதான் என்று வைக்கலாம். எதை எடுத்தாலும் நடுக்கதையில் மாற்றாதீர்கள்.

மூன்றாவது வகை எனக்கு மிகவும் பிடித்தது. ஒரு பொருளுக்கு மட்டும் காலம் திரும்புகிறது, உடைந்த பானை ஒட்டிக்கொள்கிறது. பானை உடைவதைப் பார்க்கிறோம், சில்லுகள் தாமாக எழுந்து ஒட்டுவதைப் பார்ப்பதில்லை. இதற்குக் காரணம் வெப்ப இயக்கவியலின் இரண்டாம் விதி, மொத்தமாகப் பார்த்தால் ஒழுங்கின்மை குறையாது என்கிறது அது. வானியலாளர் ஆர்தர் எடிங்டன் 1928-இல் வெளிவந்த நூலில் காலத்தின் அம்பு என்று சொன்னதும் இந்தத் திசையைத்தான். ஓர் இடத்தில் ஒழுங்கு கூடலாம், ஆனால் வேறு இடத்தில் அதற்கு ஈடான குலைவு நடந்தாக வேண்டும். குளிர்பெட்டி உள்ளே குளிர்வதற்காக வெளியே வெப்பத்தைத் தள்ளுவதும் இப்படித்தான். மாயத்துக்கு இதை அப்படியே எடுத்துக்கொள்ளுங்கள். பானை ஒட்டினால் பக்கத்துச் சுவரில் விரிசல் விழட்டும், மந்திரக்காரனின் உள்ளங்கை வேகட்டும். காயம்பட்ட குழந்தையைக் குணமாக்கப் போகிறான் என்றால் அந்தக் குலைவை எங்கே கொண்டுபோய்க் கொட்டுவான் என்பதிலேயே கதை இருக்கிறது.

இப்போது ஒரு கருவியை முழுதாகக் கட்டிப் பார்க்கலாம். நாழிகை வட்டில் தெரியும் அல்லவா, அடியில் சிறு துளையிட்ட கிண்ணம், தண்ணீரில் மிதக்கவிட்டால் மெல்ல நிரம்பி ஒரு நாழிகையில், அதாவது 24 நிமிடத்தில் மூழ்கும். நம் மாய வட்டிலை நிரம்பிய பிறகு தூக்கிப் பிடித்தால் தண்ணீர் துளை வழியே வெளியேறும், வெளியேறி முடியும்போது உலகம் ஒரு நாழிகை பின்னால் போயிருக்கும். அந்தத் தண்ணீரில் கை நனைந்தவருக்கு மட்டும் ஞாபகம். அரை வட்டில் நிரம்பியிருந்தால் அரை நாழிகை, அவ்வளவுதான். எல்லையைத் தனியாகச் சொல்ல வேண்டியதே இல்லை, கிண்ணத்தின் அளவே எல்லை.

அடுத்து வருவதுதான் முக்கியமான கேள்வி. பலர் தவறவிடுவதும் இதைத்தான். கருவியும் காலத்தோடு பின்னால் போகுமா? போகும் என்றால், நூறு ஆண்டாக நிரம்பிக் கிடந்த வட்டில் ஒவ்வொரு முறையும் மறுபடி நிரம்பியிருக்கும், திரும்பத் திரும்பத் தூக்கிப் பிடித்து நூறு ஆண்டு பின்னால் போய்விடலாம், கதை அங்கேயே செத்தது. போகாது என்று வையுங்கள். வட்டில் காலியாகக் கையில் இருக்கிறது. அது மறுபடி நிரம்ப ஒரு நாழிகை ஆகும், அதற்குள் உலகமும் கிளம்பிய இடத்துக்கே வந்துவிடும். ஆக, ஒரே நாழிகையை எத்தனை முறை வேண்டுமானாலும் வாழலாம், அதற்கு முன்னால் ஒரு கணம்கூடப் போக முடியாது. உடம்போ களைத்துக்கொண்டே போகிறது, 60 முறை திருப்பினால் ஒரு முழு நாள் தூங்காதவளாக அவள் நிற்பாள். தோல்வி எங்கிருந்து வரும் என்று இனி நீங்கள் தேட வேண்டாம்.

அப்புறம் உலகம். விடிந்தால் கணவன் சாவான் என்ற சாபத்தைத் தடுக்க நளாயினி பொழுது விடியக் கூடாது என்றதும், அவள் கணவன் பிழைத்ததோடு விஷயம் முடியவில்லை, விடியல் இல்லாமல் எல்லா உயிரும் தவித்தது. உங்கள் கருவிக்கும் அப்படி ஓர் அக்கம்பக்கம் உண்டு. இது பல தலைமுறையாக இருக்கும் பொருள் என்றால் சூதாட்ட மண்டபத்தில் ஈரக்கையோடு யாரையும் விடமாட்டார்கள், சாட்சி சொல்ல வருபவரின் விரல்களை நீதிபதி துடைத்துப் பார்ப்பார், ஒற்றர்கள் கையுறை போடுவார்கள். எதிரியிடமும் ஒரு வட்டில் இருந்தால், கடைசியாக வட்டிலைத் தூக்கியவர் கை ஓங்கும் என்பதால் சண்டையே வேறு மாதிரி ஆகிவிடும்.

எழுதும்போது அதே காட்சியை முழுதாகத் திரும்பச் சொல்லாதீர்கள். முதல் முறை ஒரு ஓசையை நன்றாகப் பதியவைத்துவிடுங்கள், மணிச்சத்தமோ குதிரையின் கனைப்போ. அடுத்த முறை அந்த ஓசை வந்தால் போதும், வாசகருக்கு இடம் தெரிந்துவிடும். நேராக மாறிய இடத்துக்குப் போகலாம்.

எல்லாம் முடிந்ததும் விதிகளை மட்டும் ஒரு தாளில் எழுதி, கதை தெரியாத நண்பரிடம் கொடுத்து, இதை வைத்து எப்படி ஏமாற்றலாம் என்று கேளுங்கள். இரண்டு வட்டிலை ஒன்றுவிட்டு ஒன்றாக நிரப்பினால் என்ன என்பார், பெரிய அண்டாவில் துளை போட்டால் என்ன என்பார். ஒவ்வொன்றுக்கும் விதிக்குள்ளேயே பதில் தேடுங்கள். பதில் கிடைக்காத ஓட்டையை மறைக்க வேண்டாம், உங்கள் வில்லன் கண்ணில் அது முதலில் படட்டும்.