அயர்லாந்தின் மேட்டு மக்கள்: தமிழில் எழுதும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

அயர்லாந்தின் பழங்கதைகளைத் தமிழில் சொல்லப் போகிறவர்கள் முதல் வரியிலேயே இடறும் சொல் ஒன்று உண்டு: தேவதை. ஆங்கிலத்தில் ஃபேரி என்று பார்த்ததும் கை தானாகத் தேவதை என்று எழுதிவிடுகிறது. நானும் வெகுநாள் அப்படித்தான் எழுதினேன். நம் காதுக்குத் தேவதை என்றால் வரம் தருபவள், இல்லையென்றால் ஊர் எல்லையில் காவல் நிற்பவள். எப்படியானாலும் கும்பிடப்படுகிறவள். அயர்லாந்துக் கிராமத்துக் கதைகளில் இவர்களை யாரும் கும்பிடுவதில்லை. அவர்களுடைய ஐரிஷ் பெயர் ஈஸ் ஷீ. ஷீ என்றால் மண்மேடு. மேட்டுக்குள் குடியிருக்கும் மக்கள் என்று பொருள். அவர்களுக்கும் அரசர் உண்டு, மாடு கன்று உண்டு, கல்யாணம் உண்டு, சண்டை உண்டு. பகைத்துக்கொள்ளக் கூடாத பக்கத்து ஊர்க்காரர்கள் என்று நினைத்துக்கொண்டால் கதை சரியாக ஓடும். மேட்டு மக்கள் என்றே எழுதிவிடலாம் என்பது என் கருத்து.

கதைகளில் இவர்களை "நல்லவர்கள்" என்று சொல்வதைப் பார்த்து, நல்ல குணம் உள்ளவர்கள் என்று எடுத்துக்கொள்வது இன்னொரு தவறு. தமிழர்கள் இதில் தவறவே கூடாது. நாகத்தை நல்ல பாம்பு என்கிறோம். அம்மை போட்டால் நோய் என்று சொல்லாமல் அம்மா வந்திருக்கிறாள் என்கிறோம். அதே பயம், அதே மரியாதைதான் அங்கேயும். சிறகு வேண்டவே வேண்டாம். பழைய கதைகளில் இவர்கள் மனித உயரத்தில், குதிரைமேல் வருகிறார்கள். விரல் அளவு உடம்பும் பட்டாம்பூச்சிச் சிறகும் பின்னாளில் இங்கிலாந்தின் மேடையும் ஓவியங்களும் ஒட்டவைத்தவை.

அவர்கள் இருக்கும் உலகத்தை மேலுலகம் என்றோ பாதாளம் என்றோ எழுதினால் சொர்க்கமும் நரகமும் உள்ளே நுழைந்துவிடும். அந்த உலகம் மேலேயும் இல்லை, கீழேயும் இல்லை. பக்கத்தில் இருக்கிறது: மேட்டுக்குள்ளே, ஏரிக்கு அடியில், மேற்குக் கடலுக்கு அப்பால். அதற்குப் பெயர் பெற்ற வாசல்களில் ஒன்று போய்ன் ஆற்றங்கரையில் உள்ள நியூகிரேஞ்ச். ஐரிஷுக்குத் தாயான கெல்டிக் மொழியைப் பேசிய கெல்ட் மக்கள் கட்டியது என்று பலர் எழுதிவிடுகிறார்கள். அது கி.மு. 3200 வாக்கில் கட்டப்பட்ட கல்லறை மேடு. கெல்டிக் மொழி அந்தத் தீவுக்கு வந்தது அதற்கு வெகு காலம் கழித்துத்தான். டிசம்பர் 21-ஐ ஒட்டிய நாட்களில், விடியலில், வாசலுக்கு மேலே உள்ள துளை வழியாகச் சூரிய ஒளி உள்ளறைக்குப் போய் 17 நிமிடம் போல நிற்கும். கட்டியவர்கள் மறைந்துபோனார்கள், மேடு மட்டும் நின்றது. பின்னால் வந்தவர்கள் அதற்குள் ஓர் அரண்மனையைக் கண்டார்கள்.

அந்த அரண்மனையை ஏங்கஸ் என்பவன் வீட்டுக்காரரிடமிருந்து எப்படிப் பிடுங்கினான் என்று ஒரு கதை இருக்கிறது. "பகலும் இரவும் தங்கிக்கொள்கிறேன்" என்று கேட்டு உள்ளே நுழைந்தான். மறுநாள் வெளியே போகச் சொன்னபோது, காலம் முழுவதுமே பகலும் இரவும்தானே என்று சொல்லி அங்கேயே இருந்துவிட்டான். ஐரிஷ் மொழியில் 'ஒரு' என்று தனியாகச் சொல்லும் வழக்கம் இல்லாததால்தான் இந்தத் தந்திரம் பலிக்கிறது. ஆங்கிலத்தில் இதை விளக்கிச் சொல்ல வேண்டியிருக்கிறது. தமிழில் அப்படியே வந்து உட்காரும். ஆங்கிலத்தைப் பார்த்து "ஒரு பகலும் ஒரு இரவும்" என்று எழுதிக் கதையைக் கொன்றுவிடாதீர்கள்.

வயல் நடுவே வட்ட வரப்பாகத் தெரியும் ராத், லிஸ் என்னும் மண்கோட்டைகள் நியூகிரேஞ்ச் போன்ற கல்லறை மேடுகளிலிருந்து வேறு. அவை பெரும்பாலும் கி.பி. முதல் ஆயிரத்தின் பிற்பாதியில் விவசாயிகள் வீட்டைச் சுற்றி எழுப்பிய கரைகள். 40,000-க்கும் மேல் அடையாளம் காணப்பட்டிருக்கின்றன. மேட்டு மக்கள் இருக்கிறார்கள் என்ற பயத்தில் பலர் அங்கே ஏர் வைக்காததும் அவை தப்பியதற்கு ஒரு காரணம்.

காலக்கணக்கில்தான் அதிகம் பேர் தவறுகிறார்கள். ஓஷீன் என்ற வீரனின் கதை அயர்லாந்தில் எல்லாருக்கும் தெரியும். நீவ் என்ற பெண்ணோடு மேற்குக் கடலுக்கு அப்பால் உள்ள இளமை நாட்டுக்குப் போனான். மூன்றே வருடம் என்று நினைத்துத் திரும்பினால் இங்கே 300 வருடம் ஓடியிருந்தது; குதிரையிலிருந்து மண்ணில் விழுந்த நொடியில் கிழவனானான். உடனே "அங்கே ஒரு வருடம், இங்கே நூறு வருடம்" என்று வாய்ப்பாடு போட்டுவிடுகிறோம். ஆனால் நெரா என்பவனின் கதையைப் பாருங்கள். சௌவின் இரவு, அதாவது குளிர்காலம் தொடங்கும் இரவில், அந்த உலகத்துக்கு இன்னொரு வாசலான க்ரூஹன் குகைக்குள் ஒரு படையைப் பின்தொடர்ந்து போகிறான். அங்கே ஒரு பெண்ணோடு குடும்பம் நடத்துகிறான். அவள் எச்சரித்து அனுப்ப, வெளியே வந்து பார்த்தால், அவனுடைய ஆட்கள் அதே அடுப்பைச் சுற்றி, அதே கொப்பரையின் முன் உட்கார்ந்திருக்கிறார்கள். அங்கே நாட்கள் ஓடின, இங்கே சோறுகூட இறக்கவில்லை. போய் வந்ததற்குச் சாட்சியாக அவன் கொண்டுவந்தவை காட்டுப்பூண்டு, பிரிம்ரோஸ் பூ, பொன்னிறப் பெரணி. வெளியே குளிர்காலம், உள்ளே கோடை. அந்த உலகத்துக் காலம் நம் காலத்தோடு சேராது என்பதுதான் செய்தி. அதைக் கணக்காக்கினால் கதையின் திகில் போய்விடும்.

பான்ஷீயைப் பேய் என்று எழுதாதீர்கள். பான் ஷீ என்றால் மேட்டுப் பெண், அவ்வளவுதான். அவள் யாரையும் கொல்வதில்லை. சில பழங்குடும்பங்களில் சாவு நெருங்கும்போது வந்து அழுவாள். ஐரிஷ் பெண்கள் முன்பு சாவு வீட்டில் பாடி அழுத வழக்கத்தை அறிந்தவர்களுக்கு இது உடனே புரியும். அலறினாள் என்பதைவிட ஒப்பாரி வைத்தாள் என்பதே அவளுக்குப் பொருந்தும்.

எல்லாவற்றையும் இனிப்பாக்குவதும் தவறு. மேட்டு மக்கள் மனிதரைத் தூக்கிப்போய்விட்டுப் போலியை வைத்துவிடுவார்கள் என்ற நம்பிக்கை உயிர் குடித்திருக்கிறது. 1895 மார்ச்சில், டிப்பரேரி மாவட்டத்தின் பாலிவாட்லீயில், 26 வயதான பிரிஜெட் கிளியரி நோயில் கிடந்தாள். இவள் என் மனைவி அல்ல என்று சொல்லி, உறவினர் கண்முன்னே கணவன் அவளைத் தீயிட்டுக் கொன்றான். உண்மையான பிரிஜெட் வெள்ளைக் குதிரையில் வருவாள் என்று மண்கோட்டை அருகே இரவுகளில் காத்திருந்தான். குழந்தையை எடுத்துப்போய்ப் போலியை வைத்துவிடும் மாற்றுக்குழந்தைக் கதையை வேடிக்கையாக எழுதுமுன் இவளை நினைத்துக்கொள்ள வேண்டும்.

சரி, இதெல்லாம் முடிந்துபோன காலம் என்று எழுதலாமா? 1999-ல் கிளேர் மாவட்டத்தின் லட்டூனில் புதிய சாலைக்காக ஒற்றை ஹாதார்ன் முள்மரத்தை வெட்ட இருந்தார்கள். மன்ஸ்டர் என்னும் தெற்கு மாகாணத்து மேட்டு மக்கள் சண்டைக்குப் போகும் வழியில் கூடும் இடம் அது என்று கதைசொல்லி எட்டி லெனிஹன் குரல் கொடுத்தார். மரத்தை விட்டுவைத்துத்தான் சாலை போட்டார்கள்.

எழுத உட்காருமுன் ஒரு வேலை செய்யுங்கள். 1937 முதல் 1939 வரை சுமார் 5,000 பள்ளிகளின் பிள்ளைகள், வீட்டுப் பெரியவர்களிடம் கேட்டுக் கையால் எழுதிய கதைகள் டூஹஸ் என்ற இணையதளத்தில் இலவசமாகக் கிடைக்கின்றன. ஒரு ஊரை மட்டும் எடுத்துப் படியுங்கள். எந்த வயல், எந்தக் கிணறு, யாருடைய தாத்தா பார்த்தார் என்று பெயரோடு வரும்.