இமாம் கஸ்ஸாலியைப் பற்றி எழுத வருகிறவர்களுக்கு

11ஆம் நூற்றாண்டு இஸ்லாமிய அறிஞர் கஸ்ஸாலியைப் பற்றிக் கட்டுரை எழுதவும் மேடையில் பேசவும் இப்போது நிறைய இளைஞர்கள் வருகிறார்கள். எழுதியதை அனுப்பி, ஒருமுறை பார்த்துக் கொடுங்கள் என்பார்கள். ஆரம்பத்தில் நான் சறுக்கிய இடங்களில்தான் பெரும்பாலும் இவர்களும் சறுக்குகிறார்கள். பெயரில் எழுத்துப்பிழை, ஊரை மாற்றிப் போடுவது போன்றவற்றை விட்டுவிடுகிறேன், அதையெல்லாம் யாராவது திருத்திவிடுவார்கள். யார் கண்ணிலும் படாமல் அச்சேறிவிடுகிறவற்றை மட்டும் சொல்கிறேன்.

ஹிஜ்ரி கணக்கு

ஹிஜ்ரி 450இல் பிறந்து 505இல் இறந்தார், ஆக 55 வயது என்று எழுதாதீர்கள். அது இஸ்லாமியச் சந்திர ஆண்டு, நாள் குறைவு. கி.பி. 1058 முதல் 1111 வரை 53தான்.

எந்தக் கஸ்ஸாலி?

தம்பி அஹ்மது கஸ்ஸாலியும் சூஃபிதான், அவரும் எழுதியவர்தான். போதாக்குறைக்கு எகிப்தில் ஷேக் முஹம்மது அல்கஸ்ஸாலி (1917–1996) என்று ஒரு பெரிய எழுத்தாளர் வேறு. காலனி ஆதிக்கத்தைக் கண்டித்து ஒரு மேற்கோள் கைக்குக் கிடைத்தால், அது நிச்சயமாக 11ஆம் நூற்றாண்டுக்காரருடையது அல்ல.

பட்டினத்தார் ஆக்குவது

நம் ஊர்க்காரர்களுக்கே உரிய தவறு இது. 1091இல் வஸீர் (அமைச்சர்) நிஜாமுல் முல்க் அவரை பாக்தாத் நிஜாமிய்யா மதரஸாவுக்கு ஆசிரியராக அனுப்புகிறார். 1095இல், ரஜப் மாதம், பாடம் நடத்த உட்கார்ந்தால் நாக்கு எழவில்லை. சாப்பாடு இறங்கவில்லை. இது மனதில் விழுந்த நோய் என்று வைத்தியர்கள் கைவிரித்தார்கள். சில மாதம் கழித்து ஊரை விட்டுக் கிளம்பினார். இவ்வளவும் அவரே தன் வாழ்க்கையைச் சொல்லும் ‘அல்முன்கித்’ நூலில் எழுதியது. இதற்குமேல் நம் ஆட்கள் ‘ஒரே இரவில் பெண்டு பிள்ளைகளைத் துறந்து’ என்று சேர்த்துவிடுகிறார்கள்.

அப்படி ஒன்றும் நடக்கவில்லை. சொத்தைப் பிரித்துக் கொடுத்தபோது பிள்ளைகளின் சாப்பாட்டுக்கு வேண்டியதை எடுத்து வைத்தார். கலீஃபா தடுத்துவிடக் கூடாதே என்று, மக்காவுக்குப் போவதாக வெளியில் சொல்லிவிட்டு ஷாமுக்கு (சிரியா பக்கம்) போனார். பிறகு பிள்ளைகள் அழைத்ததால் ஊர் திரும்பினார். 1106இல் நிஷாப்பூரில் மறுபடி பாடமும் நடத்தினார். கணக்குப் பார்த்து, திட்டம் போட்டுக் கிளம்பிய மனிதர் அவர்.

அறிவியலைக் கொன்றவர்

இதைப் பார்த்தால் எனக்கு இன்றைக்கும் எரிச்சல் வரும். கஸ்ஸாலி தத்துவவாதிகளை மறுத்து ‘தஹாஃபுத்’ என்று ஒரு புத்தகம் எழுதினார், அதோடு முஸ்லிம் உலகில் அறிவியல் செத்தது, கணிதம் சைத்தானின் வேலை என்றே சொல்லிவிட்டார், என்று ஒரு கதை. யூடியூபில் கேட்டதை அப்படியே எடுத்துக்கொண்டு வருகிறார்கள்.

ஒரு கருத்தரங்கில், முனைவர் பட்டத்துக்கு ஆய்வு செய்துகொண்டிருந்த ஒருவர் இதையே மையமாக வைத்துக் கட்டுரை வாசித்தார். நல்ல குரல், கைதட்டலும் கிடைத்தது. முடிந்ததும் முன்வரிசையிலிருந்த வயதான ஹஜ்ரத் (மார்க்க அறிஞர்) ஒருவர் கேட்டார்: “தம்பி, தஹாஃபுத் முன்னுரை வாசிச்சீங்களா?”

“சில பகுதிகள் மட்டும் பார்த்தேன் ஹஜ்ரத்.”

“கிரகணத்தைப் பத்தி அதுல என்ன சொல்றார்?”

பதில் இல்லை. ஆய்வேட்டின் ஓர் அத்தியாயமே அந்த வாதத்தின் மேல்தான் நின்றது. அதை முழுதாகத் திருப்பி எழுத வேண்டியதாயிற்று, பாவம்.

அந்த முன்னுரையில் இருப்பது இதுதான். சூரியனுக்கும் சந்திரனுக்கும் நடுவே பூமி வருவதால் சந்திர கிரகணம். பார்ப்பவருக்கும் சூரியனுக்கும் நடுவே சந்திரன் வருவதால் சூரிய கிரகணம். இவை கணிதத்தால் நிறுவப்பட்டவை, இதை மறுப்பது மார்க்கக் கடமை என்று நினைக்கிறவர் மார்க்கத்துக்கே கேடு செய்கிறார் என்கிறார். முட்டாள் நண்பனைவிட அறிவுள்ள எதிரி மேல் என்ற சொலவடையையும் அங்கேயே போடுகிறார்.

அப்புறம் அவர் யாரோடுதான் சண்டை போட்டார்? தத்துவவாதிகளான ஃபாராபி, இப்னு சீனா ஆகியோரின் இறையியலோடு. நூலில் 20 விவாதங்கள். அவற்றில் மூன்றில் மட்டும் குஃப்ர் (இறைமறுப்பு) என்று தீர்ப்புச் சொல்கிறார்: உலகம் ஆரம்பமில்லாதது என்பது, இறைவன் பொதுவானவற்றை மட்டுமே அறிவான் என்பது, மறுமையில் உடல் எழுப்பப்படாது என்பது. இந்த மூன்றில் கணிதம் எங்கே இருக்கிறது?

17ஆவது விவாதத்தில்தான் பலர் வழுக்கி விழுகிறார்கள். பஞ்சை நெருப்பில் காட்டினால் கருகுகிறது. நெருப்புப் பட்டபோது கருகியதை நாம் பார்த்தோம், நெருப்புதான் கருக்கியது என்பதை எங்கே பார்த்தோம் என்று கேட்கிறார். அப்படியானால் வீட்டில் வைத்துவிட்டு வந்த புத்தகம் இந்நேரம் குதிரையாக மாறியிருக்கலாமே என்று எதிராளி மடக்குவான் என்பதும் அவருக்குத் தெரியும். அதையும் அவரே எழுப்பி, உலகம் வழக்கமாக நடக்கிற நடையைப் பற்றிய உறுதியை இறைவன் நமக்குள் வைத்திருக்கிறான் என்று பதில் சொல்கிறார். ஏற்பதும் மறுப்பதும் உங்கள் விருப்பம், ஆனால் பஞ்சு வரியை மட்டும் வெட்டி எடுத்துக்கொண்டு வராதீர்கள்.

அவருடைய பெரிய நூலான ‘இஹ்யா’வின் முதல் பகுதியில் இன்னொரு புலம்பல் உண்டு. மருத்துவம் சமூகத்தின் மேல் விழுந்த கடமை, ஆனால் எத்தனையோ ஊர்களில் முஸ்லிம் வைத்தியரே இல்லை, எல்லோரும் ஃபிக்ஹ் (மார்க்கச் சட்டம்) படிக்கவே முண்டியடிக்கிறார்கள், காழி (நீதிபதி) பதவியும் வக்ஃபு நிர்வாகமும் அதில்தானே கிடைக்கும் என்று நக்கலாகவே எழுதுகிறார்.

செத்துப்போனதாகச் சொல்லும் அறிவியலுக்குப் பிறகு என்ன ஆயிற்று என்பதையும் பாருங்கள். அவருடைய தூஸ் ஊரிலேயே பிறந்த நஸீருத்தீன் தூஸி 1259இல் மராகாவில் வானாய்வுக்கூடம் தொடங்கினார். கஸ்ஸாலி தனிமையில் இருந்த டமாஸ்கஸ் உமய்யா பள்ளிவாசலில், 14ஆம் நூற்றாண்டில் தொழுகை நேரம் கணிக்கும் வேலையில் இருந்தவர் இப்னு ஷாத்திர், பெரிய வானியலாளர்.

அதற்காக அவரை அறிவியல் காவலராக்கிக் கொடி பிடிக்கவும் வேண்டாம். கணிதத்தின் துல்லியத்தில் மயங்கும் மாணவன், கணித மேதைகள் மார்க்கத்தைப் பற்றிச் சொல்வதையும் அப்படியே நம்பிவிடுவான், ஆகவே ஆழமாகப் போகவிடாதீர்கள் என்றும் எழுதியிருக்கிறார். இரண்டையும் சேர்த்துத்தான் எழுத வேண்டும்.

சிலுவைப் போரை நேரில் பார்த்தார்

சிலுவைப் படையிடம் ஜெருசலேம் விழுந்தது 1099இல். அங்கே சில காலம் இருந்த அவர் அதற்கு முன்பே போய்விட்டார்.

எல்லோரும் ஏற்றுக்கொண்டார்கள்

1109இல் முராபித்துகள் என்ற வட ஆப்பிரிக்க அரச மரபின் ஆட்சியில், ஸ்பெயினின் குர்துபாவில் (கார்டோபா) ‘இஹ்யா’வை எரித்தார்கள். அவர் உயிரோடு இருக்கும்போதே.

‘இஹ்யாவில் இருக்கிறது’

ஹதீஸுக்கு (நபிமொழிக்கு) இது ஆதாரம் ஆகாது. அதில் பலவீனமான ஹதீஸ்கள் உண்டு, மூலமே கிடைக்காதவையும் உண்டு. 1404இல் இறந்த ஹதீஸ் அறிஞர் ஸைனுத்தீன் இராக்கி இந்த ஹதீஸ்களை ஒவ்வொன்றாகத் தேடி, எங்கிருந்து வந்தது, எந்தத் தரம் என்று குறித்து வைத்தார். பல அரபுப் பதிப்புகளில் அந்தக் குறிப்பு பக்கத்தின் அடியிலேயே இருக்கும். மொழிபெயர்ப்பிலிருந்து எடுக்கிறவர்கள் மேடை ஏறுமுன் அந்தப் பக்கத்தை யாரிடமாவது காட்டிக் கேட்டுக்கொள்ளுங்கள்.