தில்லிக்குப் படிக்க வரும் தமிழருக்கு: முதல் வாரத்திலேயே நூலகத்துக்குச் செல்லுங்கள்

யாழ்ப்பாணத்திலிருந்தோ கோலாலம்பூரிலிருந்தோ மதுரையிலிருந்தோ உயர்கல்விக்காகத் தில்லி வந்து சேரும் தமிழ் மாணவருக்கு முதல் சில நாள்கள் அலுவலகங்களுக்கு அலைவதிலேயே கழிந்துவிடும். விடுதி அறை, வங்கிக் கணக்கு, சிம் கார்டு, சான்றிதழ் சரிபார்ப்பு என்று வேலைகள் வரிசையாக நிற்கும். 180 நாள்களுக்கு மேற்பட்ட மாணவர் விசாவில் வருவோர், நாட்டுக்குள் வந்த 14 நாள்களுக்குள் வெளிநாட்டினர் பதிவு அலுவலகத்தின் இணையதளத்தில் பதிவு செய்தாகவும் வேண்டும். இத்தனைக்கும் நடுவே நூலகம் கடைசி இடத்துக்குத் தள்ளப்பட்டு, முதல் கட்டுரையைச் சமர்ப்பிக்கும் நாள் நெருங்கும்போதுதான் நினைவுக்கு வருகிறது. அந்த வரிசையை மாற்றிக்கொள்ளுங்கள்; அடையாள அட்டை கைக்கு வந்த அன்றே நூலக உறுப்பினராகிவிடுங்கள்.

மற்ற அலுவலகங்களில் அவர்கள் கேட்கும் தாள்களைக் காட்டிக்கொண்டு நாம் நிற்கிறோம். நூலகத்தின் உசாத்துணைப் பிரிவில் கேள்வி கேட்பவர் நாம். விடை தேடித் தருவது எதிரில் இருப்பவரின் பணி. இந்தப் பணியை இந்தியப் பல்கலைக்கழகங்களில் முறைப்படுத்தியவர்களில் முதன்மையானவர் சீர்காழியில் 1892-இல் பிறந்த எஸ். ஆர். இரங்கநாதன். 1924-இல் சென்னைப் பல்கலைக்கழக நூலகராகப் பொறுப்பேற்ற அவர், 1931-இல் நூலகவியலின் ஐந்து விதிகளை வெளியிட்டார். பின்னர் 1947-இல் தில்லிப் பல்கலைக்கழகத்துக்கு வந்து நூலகவியல் கற்பித்தார். ஒவ்வொரு வாசகருக்கும் அவருக்குரிய நூல் கிடைக்க வேண்டும், வாசகரின் நேரத்தைக் காக்க வேண்டும் என்பவை அவ்விதிகளில் இரண்டு. வாசகர் எந்த நாட்டவர், எந்த மொழி பேசுபவர் என்ற வேறுபாடு அவற்றில் இல்லை. கேள்வி சிறியது என்றோ, நம் ஆங்கிலம் தடுமாறும் என்றோ எண்ணி வாய் திறக்காமல் திரும்பிவிடும் நம் பிள்ளைகளைப் பார்க்கும்போது எனக்கு மிகுந்த வருத்தம் உண்டாகிறது.

எந்த நூலகம் உங்களுடையது என்பதை முதலில் தெளிவுபடுத்திக்கொள்ளுங்கள். தில்லிப் பல்கலைக்கழகத்துக்கு ஒரே நூலகம் என்பது கிடையாது. வடக்கு வளாகத்தில் மைய நூலகம், கலைப் பிரிவு நூலகம், அறிவியல் நூலகம், பொருளியல் பள்ளியில் இரத்தன் டாட்டா நூலகம், தெற்கு வளாகத்தில் வேறொன்று என்று அவை பிரிந்து கிடக்கின்றன. கல்லூரியில் இளங்கலை சேர்ந்தவருக்குக் கல்லூரி நூலகமே அன்றாடம் கைகொடுக்கும். ஜவஹர்லால் நேரு பல்கலைக்கழகத்தில் அம்பேத்கர் மைய நூலகம் ஒன்பது மாடிக் கட்டடமாக வளாகத்தின் எப்பக்கத்திலிருந்தும் தெரியும். பார்வை மாற்றுத்திறன் கொண்ட மாணவர்களுக்கு அங்கே ஹெலன் கெல்லர் பெயரில் தனிப்பிரிவு இயங்குகிறது. ஜாமியா மில்லியாவில் ஜாகிர் உசேன் நூலகம். சார்க் நாடுகள் சேர்ந்து 2010-இல் தொடங்கிய தெற்காசியப் பல்கலைக்கழகம் இப்போது தெற்குத் தில்லியின் மைதான் கடியில் உள்ளது. இலங்கையிலிருந்து வரும் தமிழ் மாணவர்கள் அங்கே நேபாள, வங்கதேச மாணவர்களோடு ஒரே மேசையில் படிக்கும் வாய்ப்பைப் பெறுகிறார்கள்.

நூல் எடுத்துத் தரும் ஊழியர்கள் பெரும்பாலும் இந்தியில்தான் பேசுவார்கள். நூலின் பெயர், ஆசிரியர், கணினிப் பட்டியலில் காணும் அழைப்பு எண் (நூல் அலமாரியில் இருக்கும் இடத்தைக் காட்டும் எண்) ஆகிய மூன்றையும் ஒரு தாளில் எழுதி நீட்டிவிட்டால் மொழி தடையாக இராது. சிக்கலான கேள்வியாக இருந்தால் துணை நூலகரைப் பாருங்கள். அவரிடம் ஆங்கிலத்தில் பேசலாம். பருவத் தொடக்கத்தில் நூலகம் நடத்தும் அறிமுக வகுப்பைத் தவறவிடாதீர்கள்.

அந்த வகுப்பில் மிகவும் கவனிக்க வேண்டியது மின்னிதழ்களைப் பற்றிய பகுதி. ஆய்விதழ்களின் சந்தா மிக அதிகம். ஒரு கட்டுரையைத் தனியாக விலை கொடுத்து வாங்குவதுகூட மாணவரால் இயலாது. 2024 நவம்பரில் மத்திய அமைச்சரவை ஒப்புதல் அளித்த 'ஒரே நாடு ஒரே சந்தா' திட்டம், மூன்று ஆண்டுகளுக்கு 6,000 கோடி ரூபாய் ஒதுக்கீட்டில், 30 பன்னாட்டுப் பதிப்பகங்களின் ஏறத்தாழ 13,000 இதழ்களை மத்திய, மாநில அரசுகளின் உயர்கல்வி நிறுவனங்களுக்குத் திறந்துவிட்டுள்ளது. பல்கலைக்கழக நூலகங்களை வலையமைப்பால் இணைக்கும், காந்திநகரில் உள்ள இன்ஃப்லிப்நெட் மையம் இதை ஒருங்கிணைக்கிறது. வளாகத்துக்கு வெளியிலிருந்தும் இந்த இதழ்களைப் படிக்க உதவும் பயனர் பெயரையும் கடவுச்சொல்லையும் நூலகத்தில் கேட்டுப் பெற்றுக்கொள்ளுங்கள். விடுமுறைக்கு ஊருக்குச் செல்வதற்கு முன் ஒருமுறை வெளியிலிருந்து திறந்து சோதித்துவிட்டால், பருத்தித்துறையில் வீட்டுத் திண்ணையில் அமர்ந்துகொண்டே உங்கள் ஆய்வைத் தொடரலாம்.

தேடும் நூல் உங்கள் நூலகத்தில் இல்லையென்றால் அதோடு விட்டுவிடாதீர்கள். நூலகங்கள் தமக்குள் நூல்களை இரவலாகப் பெற்றுத் தரும் டெல்நெட் என்ற வலையமைப்பு 1988-இல் தில்லியில்தான் தோன்றியது. உங்கள் நூலகம் அதில் உறுப்பினர் என்றால், உங்கள் சார்பில் நூலகரே விண்ணப்பித்து வேறொரு நகரத்தின் நூலகத்திலிருந்துகூட வரவழைத்துத் தருவார். தமிழ் நூல்களுக்கு மண்டி ஹவுஸ் அருகே உள்ள சாகித்திய அகாதெமி நூலகத்தையும், இராமகிருஷ்ணபுரத்தில் தில்லித் தமிழ்ச் சங்கத்தின் நூலகத்தையும் நாடலாம். இணையத்தில் தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் மின்னூலகமும், ஈழத்து நூல்களையும் இதழ்களையும் 2005 முதல் தொகுத்துவரும் 'நூலகம்' தளமும் கட்டணமின்றிக் கிடைக்கின்றன. இன்னொன்றும் செய்யுங்கள். உங்கள் துறைக்குத் தேவையான தமிழ் நூல் பல்கலைக்கழக நூலகத்தில் இல்லாவிட்டால், கொள்முதல் பரிந்துரைப் படிவத்தை நிரப்பிக் கொடுங்கள். கேட்க ஆள் இல்லாத மொழிக்கு அலமாரியில் இடம் குறைந்துகொண்டே போகும். கேட்பது உங்கள் உரிமை, உங்களுக்குப் பின்னால் வரும் மாணவருக்கு உதவியும்கூட.

எழுத்து நேர்மையைப் பற்றிச் சற்று விரிவாகச் சொல்ல வேண்டும். நம்மில் பலர் பாடக்குறிப்பை வரி பிசகாமல் மனப்பாடம் செய்து அப்படியே எழுதி மதிப்பெண் பெற்று வளர்ந்தவர்கள். பல்கலைக்கழக ஆய்வில் அந்தப் பழக்கம் குற்றமாகக் கருதப்படும். பல்கலைக்கழக மானியக் குழுவின் 2018-ஆம் ஆண்டு விதிமுறைப்படி, பிறருடைய எழுத்தோடு ஒப்புமை 10 விழுக்காடு வரை இருந்தால் தண்டனை இல்லை. 10-க்கு மேல் 40 வரை என்றால் ஆறு மாதங்களுக்குள் திருத்தி மீண்டும் அளிக்க வேண்டும். 40-க்கு மேல் 60 வரை என்றால் திருத்திய ஆய்வேட்டைச் சமர்ப்பிக்க ஓராண்டுத் தடை; அதற்கும் மேல் போனால் பதிவே இரத்தாகும். விசாக் காலத்தை எண்ணிப் படிக்கும் வெளிநாட்டு மாணவருக்கு ஓராண்டுத் தடை என்பது படிப்பையே கைவிட்டுத் திரும்பும் நிலையைக் கொண்டுவரலாம். ஆய்வேட்டின் ஒப்புமைச் சோதனையைப் பெரும்பாலும் நூலகமே செய்கிறது. ஆகவே முழு ஆய்வேடும் முடியும்வரை காத்திராமல், முதல் இயலை எழுதியதுமே நூலகரிடம் காட்டி, மேற்கோளை எப்படிக் குறிப்பது, துணைநூற்பட்டியலை ஸொட்டெரோ போன்ற இலவச மென்பொருளில் எப்படித் தொகுப்பது என்று கற்றுக்கொள்ளுங்கள். ஆங்கிலக் கட்டுரையைத் தமிழாக்கியோ தமிழ் நூலை ஆங்கிலமாக்கியோ ஆசிரியர் பெயரைச் சொல்லாமல் பயன்படுத்துவதை மென்பொருள் கண்டுபிடிக்காமல் போகலாம். அதுவும் திருட்டுதான்.

முனைவர் பட்ட ஆய்வேடுகள் ஷோத்கங்கா என்ற தேசியக் களஞ்சியத்தில் ஏற்றப்பட்டு, உலகின் எந்த மூலையிலிருந்தும் எவரும் படிக்கும்படி வைக்கப்படுகின்றன. உங்கள் துறையில் ஏற்கெனவே வந்தவற்றை அங்கே பாருங்கள். தலைப்பைத் தேர்ந்தெடுப்பதற்கு முன் செய்ய வேண்டிய முதல் வேலை அது. நீங்கள் தமிழில் ஆய்வேடு எழுதுவதானால் தொடக்கத்திலிருந்தே ஒருங்குறி (யூனிகோடு) எழுத்துருவில் தட்டச்சு செய்யுங்கள். பழைய எழுத்துருக்களில் அமைந்த கோப்பு திரையில் அழகாகத் தெரிந்தாலும், தேடுபொறிக்கு அதில் ஒரு சொல்கூடப் புரியாது. டொரன்டோவிலோ சிங்கப்பூரிலோ அதே பொருளில் ஆய்வு செய்பவர் உங்கள் உழைப்பைக் கண்டடைய முடியாமலே போய்விடும். கட்டுரை வெளியிட முனையும்போது, பணம் வாங்கிக்கொண்டு எதையும் அச்சிடும் போலி இதழ்களிலிருந்து தப்ப நூலகரின் கருத்தைக் கேளுங்கள். தமிழ்ப் பெயரின் முன்னெழுத்து ஒவ்வோர் ஆவணத்திலும் ஒவ்வொரு விதமாக அமைந்துவிடுவதால், ஆர்சிட் என்ற ஆய்வாளர் அடையாள எண்ணையும் இப்போதே இலவசமாகப் பதிந்துவைத்துக்கொள்வது நல்லது.

படிப்பு முடிந்து ஊர் திரும்பும்போது, நூலகத்தின் நிலுவையின்மைச் சான்று இல்லாமல் பட்டச் சான்றிதழோ வைப்புத்தொகையோ கைக்கு வருவது கடினம். எடுத்த நூல்களையெல்லாம் திருப்பி, தாமதக் கட்டணம் இருந்தால் செலுத்தி, அந்தச் சான்றைப் பெற்ற பிறகே விமானச் சீட்டுக்குப் பதிவு செய்யுங்கள். நண்பருக்காக உங்கள் அட்டையில் எடுத்துக் கொடுத்த நூலும் உங்கள் கணக்கில்தான் நிற்கும்.