தோள் ஜவ்வு கிழிந்திருக்கிறது என்று ரிப்போர்ட் வந்தால்

ஈரோட்டில் பிசியோதெரபி பார்க்கிறேன். தறிக்காரர்கள், பெயிண்டர்கள், மஞ்சள் மண்டியில் மூட்டை தூக்குகிறவர்கள், ரிட்டயர்டு வாத்தியார்கள் என்று தோள் வலிக்கு வருகிறவர்கள் பலரும் கையில் எம்ஆர்ஐ கவரோடுதான் வருகிறார்கள். உட்காருவதற்கு முன்பே “ஏனுங்க மேடம், ஜவ்வு அத்துப்போச்சுங்களா?” என்று கேட்டுவிடுவார்கள். கவரை வாங்கி ஓரமாக வைத்துவிட்டு, முதலில் கையைத் தூக்கிக் காட்டச் சொல்வேன். வீட்டில் நீங்களும் அதே வரிசையில் போங்கள். கை முதலில், ரிப்போர்ட் அப்புறம்.

காரணம் இருக்கிறது. 1995-இல் வெளியான ஓர் அமெரிக்க ஆய்வில், தோள் வலியே இல்லாதவர்களுக்கு எம்ஆர்ஐ எடுத்துப் பார்த்தார்கள். 60 வயது தாண்டியவர்களில் 54 சதவீதம் பேருக்குச் சின்னதோ பெரியதோ ஒரு கிழிசல் இருந்தது. அவர்கள் பாட்டுக்கு வேலை செய்துகொண்டிருந்தார்கள். ஸ்கேனில் கிழிசல் தெரிவதாலேயே உங்கள் வலிக்கு அதுதான் காரணம் என்று முடிவு கட்ட முடியாது.

தோள் மூட்டில் பந்து பெரியது, கிண்ணம் ஆழமில்லாதது. பந்து நழுவாமல் பிடித்துக்கொள்வது சுற்றியிருக்கும் நான்கு தசைகள். அவற்றின் முனையில் உள்ள தசைநாண்களின் தொகுப்புதான் ரொட்டேட்டர் கஃப். மேலே இருப்பது சுப்ராஸ்பைனேட்டஸ், கையைத் தூக்க உதவுவது. பின்பக்கம் இன்ஃப்ராஸ்பைனேட்டஸும் டெரஸ் மைனரும், கையை வெளிப்பக்கம் திருப்ப. முன்பக்கம் சப்ஸ்கேப்புலாரிஸ், உள்பக்கம் திருப்ப. நம் ஊரில் பொதுவாக ‘ஜவ்வு’ என்று சொல்வது இந்த நாண்களைத்தான். அதிகம் கிழிவது மேலே இருப்பது.

இப்போது சோதனை. முழங்கையை விலாவோடு ஒட்டி, தொண்ணூறு டிகிரி மடக்கி உட்காருங்கள். வீட்டில் ஒருவர் உங்கள் மணிக்கட்டைப் பிடித்து மெதுவாக வெளிப்பக்கம் திருப்பட்டும். நீங்கள் தளர்வாக விட்டும் கை பாதியிலேயே இறுகி நின்றால் ஃப்ரோசன் ஷோல்டராக, அதாவது மூட்டைச் சுற்றிய உறை இறுகிப்போனதாக இருக்க வாய்ப்பு அதிகம். சர்க்கரை உள்ளவர்களுக்கு இது சகஜம், வைத்தியமும் வேறு. அடுத்தவர் திருப்பும்போது தாராளமாகப் போய், விட்டதும் கை தானாக உள்ளே திரும்பி வந்துவிட்டால், பின்பக்க நாண்களில் பெரிய கிழிசல் இருக்கலாம். உள்ளங்கையை வயிற்றில் வைத்து அழுத்துங்கள். முழங்கை முன்னால் நிற்காமல் பின்னால் சரிந்தால் முன்பக்க நாண் பலவீனம். இரண்டு கைகளையும் தோள் உயரத்துக்குச் சற்று முன்சாய்வாக நீட்டி, கட்டைவிரல் தரையைப் பார்க்கும்படி வைத்து, மேலிருந்து லேசாக அழுத்தச் சொல்லுங்கள். வலி மட்டும் வந்தால் ஒரு கதை. வலியோ இல்லையோ, கை தாங்காமல் கீழே போனால் அது வேறு கதை. எனக்கு வலியைவிட இந்தப் பலவீனம்தான் முக்கியம்.

கஃப் வலி பெரும்பாலும் மேல்கையின் வெளிப்பக்கம், தடுப்பூசி போடும் இடத்தில் இருக்கும். இரவில் அந்தப் பக்கம் படுத்தால் தூக்கம் போகும். முழங்கையைத் தாண்டி விரல் வரை மின்சாரம் மாதிரி இறங்கினால் கழுத்தையும் பார்க்க வேண்டும். இடது தோள் வலியோடு நெஞ்சு இறுக்கம், வியர்வை, மூச்சு வாங்கல் வந்தால் சோதனையெல்லாம் வேண்டாம், உடனே அவசர சிகிச்சைப் பிரிவுக்குப் போங்கள்.

சரி, இப்போது கவரைத் திறக்கலாம். முதலில் தேட வேண்டியது ‘பார்ஷியல்’ என்று இருக்கிறதா, ‘ஃபுல் திக்னெஸ்’ என்று இருக்கிறதா என்பது. எல்லோரையும் பயமுறுத்துவது இரண்டாவது. ஃபுல் திக்னெஸ் என்றால் நாண் இரண்டு துண்டாக அறுந்துவிட்டது என்று அர்த்தமில்லை. மேல்பக்கத்திலிருந்து அடிப்பக்கம் வரை ஊடுருவி ஓட்டை விழுந்திருக்கிறது, அவ்வளவுதான். அந்த ஓட்டை சில மில்லிமீட்டர் அகலமாகவும் இருக்கலாம், நாண் முழுவதையும் விழுங்கியும் இருக்கலாம். அகலம் 1 செ.மீ.க்குள் என்றால் சிறியது, 3 வரை நடுத்தரம், 5 வரை பெரியது, அதற்கு மேல் ‘மாசிவ்’. சில மருத்துவர்கள் இரண்டு நாண்களோ அதற்கு மேலோ முழுதாகக் கிழிந்திருந்தால்தான் மாசிவ் என்பார்கள்.

பார்ஷியல் என்றால் தடிமனில் ஒரு பகுதிதான் கிழிந்திருக்கிறது. எல்மன் என்பவர் 1990-இல் சொன்ன கணக்கு: 3 மி.மீ.க்குள் ஆழம் முதல் நிலை, 3 முதல் 6 வரை இரண்டாம் நிலை, 6-ஐத் தாண்டினால் மூன்றாம் நிலை, அதாவது நாணின் பாதித் தடிமனுக்கு மேல். மூட்டுப் பக்கம் கிழிந்திருக்கிறதா, மேல்பக்கமா, நடுவிலா என்றும் குறித்திருப்பார்கள். முதல் இரண்டு நிலைக்கு அறுவை பற்றி யோசிக்கவே அவசரம் வேண்டாம்.

ஃபுல் திக்னெஸ் என்றால் இன்னும் இரண்டு விஷயம் பாருங்கள். பல ரிப்போர்ட்டுகளில் இவை எழுதப்படாமலே இருக்கும்; அப்போது கேட்டு வாங்க வேண்டும். ஒன்று, கிழிந்த முனை எவ்வளவு தூரம் உள்ளே இழுத்துப் போயிருக்கிறது. எலும்பில் ஒட்டியிருந்த இடத்துக்குப் பக்கத்திலேயே இருந்தால் பாட்டே (Patte) என்பவரின் கணக்கில் முதல் நிலை, பந்தின் உச்சி அளவுக்குப் போயிருந்தால் இரண்டு, கிண்ணத்தின் விளிம்பு வரை போயிருந்தால் மூன்று. மற்றொன்று, தசைக்குள் கொழுப்பு. வேலையில்லாமல் கிடக்கும் தசைக்குள் மெல்ல மெல்லக் கொழுப்பு சேரும். பிரான்ஸைச் சேர்ந்த குட்டாலியே 1994-இல் சிடி ஸ்கேனை வைத்து இதை 0 முதல் 4 வரை பிரித்தார். இன்று எம்ஆர்ஐயிலும் அதையே பார்க்கிறார்கள். இரண்டு என்றால் கொழுப்பைவிடத் தசை அதிகம், மூன்று என்றால் பாதிக்குப் பாதி, நான்கு என்றால் கொழுப்புதான் அதிகம். மூன்றுக்குப் போய்விட்டால் நாணைத் தைத்தாலும் பிடிப்பது கஷ்டம். சேர்ந்த கொழுப்பு பெரும்பாலும் திரும்பிப் போவதில்லை. அறுவை செய்யலாமா என்ற கேள்விக்குக் கிழிசலின் அகலத்தைவிட இந்த எண் பல நேரம் நல்ல பதில் சொல்லும்.

ரிப்போர்ட்டின் மீதி வரிகளுக்குப் பெரிதாகக் கவலைப்படாதீர்கள். ஏசி மூட்டுத் (காரை எலும்பு தோளைச் சேரும் இடம்) தேய்மானம், டைப் 2 அக்ரோமியான் (நாணுக்கு மேலே இருக்கும் எலும்பு முனை சற்று வளைந்திருப்பது), பர்சாவில் (நாணுக்கும் எலும்புக்கும் நடுவில் உள்ள மெத்தைப் பை) கொஞ்சம் நீர், இவையெல்லாம் நடுவயதில் பலருக்கும் இருப்பவை. முழுக் கிழிசல் இல்லாதவருக்கு ‘எலும்பு உரசுகிறது, சீவி விடலாம்’ என்று மட்டும் யாராவது சொன்னால் இன்னொருவரிடமும் கேளுங்கள். 2018-இல் வெளியான பிரிட்டிஷ் ஆய்வில், எலும்பைச் சீவிய அறுவைக்கும் சும்மா கேமரா விட்டுப் பார்த்து மூடியதற்கும் நோயாளிக்குப் பொருட்படுத்தும்படியான வித்தியாசம் தெரியவில்லை.

முடிவு எடுக்கும்போது நான் கேட்கும் முதல் கேள்வி: எப்படி ஆரம்பித்தது? பழைய வேட்டி நைந்து இழை விடுவது ஒன்று, புது வேட்டி ஆணியில் மாட்டிக் கிழிவது வேறு. வண்டியிலிருந்து விழுந்தீர்கள், அன்றிலிருந்து கை தூக்கவே முடியவில்லை என்றால் இரண்டாவது வகை. அதற்குக் காத்திருக்கக் கூடாது. முதல் வாரத்திலேயே எலும்பு மருத்துவரைப் பாருங்கள். தைக்க வேண்டியதை முதல் சில வாரங்களில் தைத்தால் நாண் இழுத்துப் போவதற்கு முன் வேலை முடியும். 40 வயதுக்கு மேல் தோள் நழுவி, அதை உள்ளே தள்ளிய பிறகும் கை எழவில்லை என்றால் கஃப் கிழிந்திருக்கலாம், நரம்பும் அடிபட்டிருக்கலாம். இந்த மாதிரி ஆட்கள் சுளுக்கு வழித்துக்கொண்டும் கட்டுப் போட்டுக்கொண்டும் மூன்று நான்கு மாதம் கழித்து வருவதுதான் எனக்கு ஆற்றாமை.

அடிபடாமல் மெல்ல மெல்ல வந்த கிழிசல் என்றால் முதலில் 12 வாரம் உடற்பயிற்சி. முழுக் கிழிசல் உள்ளவர்களுக்கும் இது பொருந்தும். இப்படிப்பட்டவர்களைப் பயிற்சியில் போட்டுத் தொடர்ந்து கவனித்த அமெரிக்க ஆய்வொன்றில், இரண்டு வருடத்தில் நான்கில் ஒருவருக்கும் குறைவானவர்களே அறுவைக்குப் போனார்கள். கிழிசல் ஒட்டிவிடுவதில்லை, மீதித் தசைகள் வேலையைப் பகிர்ந்துகொள்கின்றன. அதனால் வயது குறைந்தவர்கள், கனமான வேலைக்காரர்கள் வருடத்துக்கு ஒருமுறை அல்ட்ராசவுண்டில் கிழிசல் பெரிதாகிறதா என்று பார்த்துக்கொள்வது நல்லது.

பயிற்சி இப்படி. முதல் இரண்டு மூன்று வாரம் மேஜை மேல் துண்டை விரித்து, கையை வைத்து முன்னே தள்ளி இழுங்கள். மல்லாந்து படுத்து, இரண்டு கையிலும் ஒரு கம்பைப் பிடித்து, நல்ல கை வலிக்கும் கையைத் தலைக்கு மேல் கொண்டுபோகட்டும். அப்புறம் முழங்கையை விலாவோடு ஒட்டி, இடையில் மடித்த துண்டை வைத்து, கதவில் கட்டிய ரப்பர் பேண்டை வெளிப்பக்கம் இழுங்கள், பிறகு உள்பக்கம். நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்து தோள்பட்டைகளைப் பின்னால் சேர்த்து ஐந்து நொடி பிடியுங்கள். ஒவ்வொன்றும் பத்துப் பத்தாக மூன்று தடவை. அசைவுப் பயிற்சி தினமும், ரப்பர் பேண்டு ஒருநாள் விட்டு ஒருநாள். பத்துக்கு நான்கு வரை வலி இருக்கலாம். மறுநாள் காலையில் வலி கூடியிருந்தால் பாதியாகக் குறையுங்கள். தலைக்கு மேல் எடை தூக்குவதை இரண்டாவது மாதத்துக்குத் தள்ளுங்கள். பரணிலிருந்து குடம் இறக்குவதும் எடைதான்.

இரவில் மல்லாந்து படுத்து முழங்கைக்கு அடியில் ஒரு தலையணை வையுங்கள். ஸ்டீராய்டு ஊசி சில வாரம் வலியைக் குறைத்துப் பயிற்சிக்கு வழிவிடும். ஆனால் திரும்பத் திரும்பப் போட்டால் நாண் பலவீனமாகும். சர்க்கரை உள்ளவர்களுக்குச் சில நாள் அளவு ஏறும். அறுவை யோசனையில் இருந்தால், ஊசி எப்போது போட்டீர்கள் என்று சர்ஜனிடம் கட்டாயம் சொல்லுங்கள்.

பல வருடக் கிழிசல், முனை கிண்ணம் வரை போய்விட்டது, கொழுப்பு மூன்று நான்கு என்றால் தைப்பதற்கு அங்கே நல்ல நாண் இருக்காது. அப்போது தோளை வெளியே மூடியிருக்கும் டெல்டாய்டு தசையைப் பலப்படுத்துவோம். வயதானவருக்கு மூட்டும் தேய்ந்து வலி தாங்க முடியவில்லை என்றால் ரிவர்ஸ் ஷோல்டர் மாற்று மூட்டு இருக்கிறது: கிண்ணம் இருந்த இடத்தில் பந்து, பந்து இருந்த இடத்தில் கிண்ணம். அதில் கஃப் இல்லாமலே டெல்டாய்டு கையைத் தூக்கும்.

நாண் தைக்கும் அறுவை செய்துகொண்டால், ஸ்லிங் (கழுத்தில் மாட்டிக் கையைத் தாங்கும் பட்டை) நான்கு முதல் ஆறு வாரம். அந்தக் காலத்தில் விரல், மணிக்கட்டு, முழங்கை மட்டும் அசையுங்கள். தோளை நாங்கள்தான் அசைப்போம். ஆறு வாரத்துக்குப் பிறகு சொந்தமாகத் தூக்கலாம், பலப் பயிற்சி 12 வாரம் வாக்கில், மூட்டை தூக்கும் வேலை ஆறு மாதத்துக்குப் பிறகு. கை குணமாகும் முன்பே வலி குறையத் தொடங்கிவிடும். அப்போதுதான் பலரும் சட்டை மாட்ட, தலை வார, வண்டி எடுக்க அந்தக் கையை நீட்டுகிறார்கள். தைத்தது மறுபடி கிழிவது பெரும்பாலும் முதல் சில மாதங்களில்தான். பீடி, சிகரெட் இருந்தால் நிறுத்திவிடுங்கள், சர்க்கரையைக் கட்டுக்குள் வையுங்கள். புகையும் கட்டுக்கு மீறிய சர்க்கரையும் நாண் எலும்போடு ஒட்டுவதைத் தாமதப்படுத்தும். ஆஸ்பத்திரியை விட்டுக் கிளம்பும் முன் சர்ஜனிடம் மூன்றைக் கேட்டு எழுதி வாங்குங்கள்: எத்தனை நாண் தைத்தார், எவ்வளவு இறுக்கமாகத் தைக்க வேண்டியிருந்தது, எந்த வாரம் எந்த அசைவு. அந்தச் சீட்டு இருந்தால்தான் பிசியோதெரபிஸ்ட் உங்கள் கையைத் தைரியமாகத் தொடுவார்.