தொகுதி வரலாறு எழுதும்போது தவறாமல் நுழையும் தவறுகள்

தேர்தல் நெருங்கினால் போதும், 'நம்ம தொகுதியின் வரலாறு' என்று ஒரு பட்டியல் வாட்ஸ்அப்பில் சுற்றத் தொடங்கிவிடும். ஆண்டு, வென்றவர், கட்சி, வாக்கு வித்தியாசம் என்று நான்கு கட்டங்கள், அவ்வளவுதான். எங்கள் பகுதியைப் பற்றி வந்த ஒரு பட்டியலைச் சரிபார்க்க உட்கார்ந்தபோதுதான் அந்த நான்கு கட்டங்களுக்குள் எத்தனை பிழைகள் ஒளிந்திருக்கும் என்று புரிந்தது. யாரும் வேண்டுமென்று செய்தவை அல்ல. தமிழ்நாட்டில் ஒரு சட்டமன்றத் தொகுதி என்றால் என்ன என்பதே 1952-லிருந்து பலமுறை மாறியிருக்கிறது. அதை மறந்துவிட்டுப் பட்டியல் போடுவதால்தான் எல்லாக் குழப்பமும்.

பெயரை நம்பி எல்லையை மறப்பது

எல்லாவற்றுக்கும் தாய்த் தவறு இதுதான். தொகுதி என்பது ஊர் அல்ல, வரைபடத்தில் போட்ட கோடு. அந்தக் கோட்டை அடிக்கடி அழித்து வரைந்திருக்கிறார்கள். 1952-இல் சென்னை மாகாண சட்டமன்றத்துக்கு 375 இடங்கள். ஆந்திரப் பகுதிகளும் மலபாரும் தென் கன்னடமும் அதில் அடக்கம். 1957-இல் 205, 1962-இல் 206. 1967-இல்தான் 234 வந்தது. எண்ணிக்கை அதன்பின் மாறவில்லை. ஆனால் 1977 தேர்தலுக்கு முன் ஒருமுறை, 2011 தேர்தலுக்கு முன் ஒருமுறை என்று எல்லைகள் மறுபடி மாறின. 234 அப்படியே இருப்பதைப் பார்த்து, தொகுதிகளும் அப்படியே இருப்பதாகப் பலர் நினைத்துவிடுகிறார்கள்.

சேப்பாக்கத்தை எடுத்துக்கொள்ளுங்கள். 1996, 2001, 2006 மூன்று தேர்தல்களிலும் கலைஞர் வென்றது சேப்பாக்கம் தொகுதியில். இன்றைய சேப்பாக்கம்-திருவல்லிக்கேணி தொகுதி 2008 எல்லை மறுசீரமைப்பில் உருவானது. 2006 வரை திருவல்லிக்கேணி வேறொரு தொகுதியாக, தனக்கென ஓர் எம்.எல்.ஏ.வோடு இருந்தது. எனவே 'சேப்பாக்கம்-திருவல்லிக்கேணியில் கலைஞர் மூன்று முறை வென்றார்' என்று எழுதினால், திருவல்லிக்கேணி வாக்காளர்கள் போடாத வாக்கை அவர்கள் கணக்கில் ஏற்றிவிடுகிறோம். 1967-லும் 1971-லும் எம்.ஜி.ஆர். வென்ற பரங்கிமலையை 'அதாவது இன்றைய ஆலந்தூர்' என்று ஒரு வரியில் கடப்பதும் இதே வகை. பக்கத்துப் பகுதிதான், ஆனால் அதே தொகுதி அல்ல.

பெயர் மாறாத தொகுதிகளில்தான் ஆபத்து கூடுதல், ஏனென்றால் சந்தேகமே வராது. பெயர் அப்படியே இருக்கும். உள்ளே இருந்த ஒன்றியம் அடுத்த தொகுதிக்குப் போயிருக்கும், புதிதாக ஒரு பேரூராட்சி சேர்ந்திருக்கும். அதனால் 2006 வாக்கு சதவீதத்தையும் 2011 வாக்கு சதவீதத்தையும் அருகருகே வைத்து 'ஐந்தே ஆண்டில் இவ்வளவு சரிவு' என்று எழுதாதீர்கள். சரிந்தது கட்சியா, நகர்ந்தது கோடா என்று மறுசீரமைப்பு ஆணையைத் திறந்து பார்த்தால்தான் தெரியும். வருவாய் கிராமங்கள் வரை பெயர் சொல்லி அதில் போட்டிருப்பார்கள். தொகுதி எண்ணையும் நம்ப முடியாது. இன்று 1 என்றால் கும்மிடிப்பூண்டி, 234 என்றால் கிள்ளியூர்; பழைய அறிக்கைகளில் அதே எண் வேறு தொகுதியைக் குறிக்கலாம்.

இதில் ஒரு நுணுக்கமும் உண்டு. புதிய எல்லைகள் 2008-லேயே அறிவிக்கப்பட்டாலும், அப்போதிருந்த சட்டமன்றத்தின் காலம் முடியும்வரை இடைத்தேர்தல்கள் பழைய எல்லையில்தான் நடந்தன. 2009 ஜனவரியில் நடந்த திருமங்கலம் இடைத்தேர்தல் பழைய கோட்டில். அடுத்த நான்கே மாதத்தில் வந்த மக்களவைத் தேர்தல் புதிய கோட்டில். இரண்டையும் ஒப்பிட்டு முடிவு சொல்வதற்கு முன் இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

எல்லையோர மாவட்டங்களுக்கு ஒரு படி கூடுதல் கவனம் வேண்டும். குமரி மாவட்டம் நம்மோடு சேர்ந்தது 1956 நவம்பர் 1-இல். அதற்கு முன் 1952, 1954 தேர்தல்களில் அந்த மக்கள் வாக்களித்தது திருவிதாங்கூர்-கொச்சி சட்டமன்றத்துக்கு. திருத்தணி ஆந்திராவிலிருந்து திரும்ப வந்தது 1960 ஏப்ரல் 1-இல். இந்தப் பகுதிகளுக்கு வரலாறு எழுதுபவர் சென்னை மாகாணத்தின் 1952, 1957 பட்டியல்களை மட்டும் பார்த்தால், இடையில் போராடி வாழ்ந்த ஒரு தலைமுறையின் வாக்கே காணாமல் போய்விடும்.

இரட்டை உறுப்பினர் தொகுதியை ஒற்றைக் கண்ணால் பார்ப்பது

1952-லும் 1957-லும் பல தொகுதிகளிலிருந்து இரண்டு பேர் தேர்வானார்கள். ஓர் இடம் பொது, இன்னொன்று தனி, அதாவது பட்டியல் சாதியினருக்கோ பழங்குடியினருக்கோ ஒதுக்கப்பட்டது. 1952-இல் இப்படி 66 தொகுதிகள், 1957-இல் 38. இந்த முறை 1961-இல் சட்டம் போட்டு ஒழிக்கப்பட்டது. பட்டியல்களில் இது எப்படி வருகிறது தெரியுமா? இரண்டு பேரில் ஒருவர் பெயரை விட்டுவிடுகிறார்கள். விடுபடுவது பெரும்பாலும் தனி இடத்தில் வென்றவர். அந்தக் காலத்தில் எத்தனையோ தடைகளைத் தாண்டி சட்டமன்றத்துக்குப் போன ஒருவரை நாமும் ஒருமுறை வெளியே தள்ளுகிறோம். எனக்கு மிகவும் வலிக்கிற பிழை இது.

அடுத்தது கணக்கு. அங்கே ஒவ்வொரு வாக்காளருக்கும் இரண்டு வாக்கு. இரண்டையும் ஒரே வேட்பாளருக்குப் போட முடியாது. ஓர் உதாரணக் கணக்கு: 40,000 பேர் வந்து வாக்களித்தார்கள், எல்லோரும் இரண்டு வாக்கையும் போட்டார்கள் என்று வைத்துக்கொள்வோம். பதிவான வாக்கு 80,000. வென்றவர் வாங்கியது 24,000. நம் ஆள் 80,000-ஆல் வகுத்து '30 சதவீதம்தான்' என்று எழுதிவிடுவார். உண்மையில் வந்த வாக்காளர்களில் 60 சதவீதம் பேர் அவருக்குப் போட்டிருக்கிறார்கள். தலைகீழாகவும் தவறு நடக்கும்: பதிவான வாக்குகளை வாக்காளர் எண்ணிக்கையால் வகுத்து, 'நூற்றுக்கு மேல் வாக்குப்பதிவு, கள்ள ஓட்டு' என்று கண்டுபிடிப்பவர்களும் உண்டு.

வாக்கு வித்தியாசமும் அப்படித்தான். வென்ற இருவரையும் எதிரெதிரே நிறுத்திக் கழிப்பதில் பொருளில்லை. அவர்கள் மோதிக்கொள்ளவே இல்லை, பல இடங்களில் ஒரே கட்சிக்காரர்கள்.

சின்னமும் கட்சியும்

1957-இல் அண்ணா காஞ்சிபுரத்திலும் கலைஞர் குளித்தலையிலும் வென்றதாக எல்லோருக்கும் தெரியும். தேர்தல் ஆணையத்தின் அறிக்கையைத் திறந்தால் அவர்கள் பெயருக்கு எதிரே சுயேச்சை என்று இருக்கும். தி.மு.க. முதன்முதலாகப் போட்டியிட்ட தேர்தல் அது, கட்சிக்கு அப்போது அங்கீகாரம் இல்லை. அறிக்கையை அப்படியே நகலெடுத்தால் வரலாறு தப்பாகிவிடும், சத்தமில்லாமல் 'தி.மு.க.' என்று திருத்தினால் ஆவணம் தப்பாகிவிடும். இரண்டையும் எழுதுங்கள்: சுயேச்சை (தி.மு.க.).

இது பழைய காலச் சிக்கல் மட்டுமல்ல. 2021-இல் தி.மு.க. 133 இடம் என்று அறிக்கை சொல்கிறது. அதில் 8 பேர் உதயசூரியனில் நின்று வென்ற கூட்டணிக் கட்சியினர். பாபநாசத்தில் வென்றவர் மனிதநேய மக்கள் கட்சியின் தலைவர் ஜவாஹிருல்லா. அறிக்கையில் அவரும் தி.மு.க.

'காங்கிரஸ்' என்று மொட்டையாக எழுதுவதையும் தவிருங்கள். 1971-இல் நம் சட்டமன்றத் தேர்தலில் நின்றது காமராஜரின் ஸ்தாபன காங்கிரஸ். இந்திரா காங்கிரஸ் அந்தத் தேர்தலில் ஒரு சட்டமன்றத் தொகுதியில்கூட நிற்கவில்லை. 1989-இல் அ.தி.மு.க. இரண்டாகப் பிரிந்து, ஜெயலலிதா அணி சேவலிலும் ஜானகி அணி இரட்டைப் புறாவிலும் நின்றன. இரட்டை இலை முடக்கப்பட்டிருந்தது. ஆனால் தேர்தல் தள்ளிப்போன மதுரை கிழக்கிலும் மருங்காபுரியிலும் மார்ச்சில் வாக்குப்பதிவு நடந்தபோது கட்சி ஒன்றாகியிருந்தது. இலையும் திரும்பக் கிடைத்து, இரண்டிலும் வென்றார்கள். அந்த ஆண்டு எல்லாத் தொகுதிக்கும் ஒரே குறிப்பைப் போட்டுக்கொண்டு போனால் இந்த இரண்டும் தவறிவிடும்.

இடைத்தேர்தலை விடுவது, இல்லாததைச் சேர்ப்பது

பொதுத்தேர்தல் வரிசையை மட்டும் பார்த்து எழுதினால் குடியாத்தத்தின் வரலாற்றில் காமராஜரே வரமாட்டார். முதலமைச்சரானபின் 1954-இல் அவர் அங்கே இடைத்தேர்தலில்தான் வென்றார். 2015-இல் ஆர்.கே. நகரில் ஜெயலலிதா வென்றதும் இடைத்தேர்தல்தான்.

எதிர்ப்பக்கப் பிழை, தள்ளிவைத்த தேர்தலை இடைத்தேர்தல் என்பது. 2016 மே மாதம், பணப்பட்டுவாடா புகாரால் அரவக்குறிச்சி, தஞ்சாவூர் தேர்தல்கள் தள்ளிப்போய் நவம்பரில் நடந்தன. அதே நாளில் திருப்பரங்குன்றத்தில் நடந்தது, வென்ற உறுப்பினர் இறந்ததால் வந்த உண்மையான இடைத்தேர்தல். ஒரே நாளில் நடந்ததால் மூன்றையும் ஒரே மாதிரி எழுதிவிடுகிறார்கள்.

வாக்காளர் கூடிய காரணம்

1989-க்கும் 1991-க்கும் இடையே வாக்காளர் எண்ணிக்கை கூடியிருந்தால் மக்கள்தொகைதான் காரணம் என்று முடிவு கட்டாதீர்கள். வாக்குரிமை வயது 21-லிருந்து 18-ஆனது 1989 மார்ச்சில். அந்த ஜனவரியில் நடந்த நம் சட்டமன்றத் தேர்தல் பழைய வயதில். 18 வயதுக்காரர்கள் முதலில் எம்.எல்.ஏ. பொதுத்தேர்தலில் வாக்களித்தது 1991-இல். நோட்டாவும் இப்படித்தான். தமிழ்நாட்டில் 2013 டிசம்பர் ஏற்காடு இடைத்தேர்தலில் வந்தது. டெபாசிட் கணக்குக்கு அதைச் செல்லத்தக்க வாக்காகச் சேர்க்கமாட்டார்கள். சேர்த்தீர்களா, விட்டீர்களா என்று பட்டியலுக்குக் கீழே ஒரு வரி எழுதிவிடுங்கள்.

அப்புறம், 'இந்தத் தொகுதியில் இன்ன சாதி இத்தனை சதவீதம்' என்ற வரி. 1931-க்குப் பின் எல்லாச் சாதிகளுக்குமான கணக்கெடுப்பு விவரம் தொகுதிவாரியாக வெளியிடப்பட்டதே இல்லை. சுற்றிவரும் எண்கள் கட்சி அலுவலகங்களின் மதிப்பீடுகள். எண் போடாமல் எழுதுங்கள்.

பெரியவர்களிடம் கேட்கும்போது

ஊர்ப் பெரியவர்களிடம் கேட்காமல் தொகுதி வரலாறு நிறைவாகாது. ஆனால் 1971 வரை எம்.பி. தேர்தலும் எம்.எல்.ஏ. தேர்தலும் சேர்ந்தே வந்தன, பின்பு 1984, 1991, 1996-லும் அப்படியே. "அந்த எலக்‌ஷன்ல நான் பசுவும் கன்றுக்குத்தான் போட்டேன்" என்று, இந்திரா காங்கிரஸின் சின்னத்தை ஒரு பாட்டி 1971 பற்றிச் சொன்னால், பட்டியலோடு ஒத்துவரவில்லையே என்று அவர் நினைவைத் தள்ளிவிடாதீர்கள். எம்.பி.க்கு எதில் போட்டீர்கள், எம்.எல்.ஏ.வுக்கு எதில் போட்டீர்கள் பாட்டி என்று தனித்தனியாகக் கேளுங்கள். அன்று தி.மு.க.வும் இந்திரா காங்கிரஸும் கூட்டணி. ஒரு சீட்டில் பசுவும் கன்றும், இன்னொரு சீட்டில் உதயசூரியன் என்று இரண்டிலும் குத்திவிட்டு வந்த கை அவருடையதாக இருக்கலாம்.