ரீலைத் தூக்கிப் போடச் சொன்ன அந்த 'யாரோ': பழைய படச்சுருள் வேலையில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

போன மாதம் எங்களிடம் வேலைக்குச் சேர்ந்த பையன், துருப்பிடித்த ஒரு டப்பாவைத் திறந்ததும் ரீலை நேராக ரீவைண்டரில் மாட்டிச் சுற்றத் தொடங்கினான். ஜாயின்ட் எங்கே விட்டிருக்கிறது, துளை எங்கே கிழிந்திருக்கிறது, எதையும் பார்க்கவில்லை. கத்தி நிறுத்தினேன். நானும் அப்படிச் சுற்றிக் கிழித்தவன்தான்.

கையுறை போடு, தூசி படவிடாதே என்பதையெல்லாம் முதல் நாளே சொல்லிவிடுவார்கள். அவற்றை விட்டுவிடுகிறேன்.

ஸ்கேன் ஆனதும் ரீலைத் தூக்கிப் போடுவது

இதை நினைத்தால் இன்றும் எரிச்சல் வருகிறது, பாதி என் மேலேயே. ஊர்க் கோயில் கும்பாபிஷேகத்தை 1960-களில் 16 மி.மீ. கருப்பு வெள்ளையில் எடுத்த நான்கு ரீல்களை ஒரு பெரியவர் கொண்டுவந்தார். டெலிசினி செய்து, அதாவது ஃபிலிமை வீடியோவாக மாற்றி, டிவிடியில் போட்டுக் கொடுத்தேன். "தம்பி, இந்த டப்பாவை என்ன பண்றது?" என்றார். "இனிமே எதுக்கு சார், இடத்தைத்தான் அடைக்கும்" என்றேன்.

பல வருடம் கழித்து அவர் பேரன் அதே டிவிடியோடு வந்தான். "அண்ணே, இதை 4கே ஆக்க முடியுமா?" ஓட்டிப் பார்த்தேன். 720-க்கு 576 புள்ளிகள், அவ்வளவுதான். வெயிலில் நின்றவர்களின் வேட்டியெல்லாம் வெறும் வெள்ளைத் திட்டு. ரீலில் மடிப்பு மடிப்பாகத் தெரிந்த வேட்டிகள் அவை. டெலிசினியில் ஓரம் வெட்டுப்பட்டு, அங்கே நின்றவர்களுக்குப் பாதி முகம்தான் இருந்தது. போதாததற்கு, வினாடிக்கு 16 பிரேமில் எடுத்ததை நான் 25-இல் ஓட்டியிருக்கிறேன். குடத்தோடு குருக்கள் கோபுரத்தில் ஓட்டமாய் ஓடுகிறார்!

வேகத்தையாவது சரிசெய்துவிடலாம். பாதி முகத்துக்கு எங்கே போவது? "ரீல் எங்கேப்பா?" என்றேன். "தாத்தா காயலான் கடைக்குப் போட்டுட்டாரு. இனிமே தேவையில்லைன்னு யாரோ சொன்னாங்களாம்." அந்த யாரோ நான்தான் என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

ஸ்கேன் என்பது அன்றைய மெஷினுக்குத் தெரிந்தது மட்டுமே. அடுத்து வரும் மெஷினுக்கு இன்னும் தெரியும், ரீல் இருந்தால். ஸ்கேன் செய்த ஃபைல் கம்ப்யூட்டர் டேப்பில் பத்திரமாக இருக்கிறது என்பவர்களுக்கு ஒன்று: எல்டிஓ என்பது அப்படி ஃபைல்களைச் சேமிக்கும் டேப் வகை. 2010-இல் வந்த எல்டிஓ-5 டேப்பை எல்டிஓ-8 டிரைவில் போட்டால் படிக்காது. அது 7, 8 இரண்டை மட்டும்தான் படிக்கும். அசிடேட் என்னும் பிளாஸ்டிக்கில் செய்த ஃபிலிமோ, குளிர்ந்த, ஈரமில்லாத அறையில் பல தலைமுறை தாங்கும். 1931-இல் வந்த முதல் தமிழ்ப் பேசும்படம் 'காளிதாஸ்'. அதன் ஒரு பிரிண்ட்கூட இன்று நம்மிடம் இல்லை. உள்ளிருக்கும் வெள்ளியை எடுப்பதற்காகக் கரைக்கப்பட்ட கருப்பு வெள்ளை ரீல்களுக்கோ கணக்கே கிடையாது. இதெல்லாம் தெரிந்தும் அந்த வார்த்தையைச் சொன்னேன்.

வினிகர் வாடை அடிக்கும் டப்பாவை மற்றவற்றோடு அடுக்குவது

உடனே தனியாகப் பிரித்து வையுங்கள். அசிடேட் சிதையும்போது கிளம்பும் அசிடிக் அமிலம் அதே சிதைவை மேலும் முடுக்கும், பக்கத்து டப்பாவையும் விடாது. மூக்கை மட்டும் நம்பவும் வேண்டாம். அமிலம் பட்டால் நிறம் மாறும் ஏ-டி ஸ்டிரிப் என்ற காகிதத் துண்டை உள்ளே போட்டு வையுங்கள். நீலம் பச்சையாகி மஞ்சளை நோக்கிப் போனால் அந்த ரீலை முதலில் ஸ்கேனுக்கு அனுப்புங்கள்.

குளிர் அறையிலிருந்து எடுத்த கையோடு திறப்பது

வெளிக்காற்றின் ஈரம் பட்டு ஃபிலிம் வேர்த்துவிடும். மறுநாள் திறவுங்கள்.

கிரெயினை அழுக்கு என்று நினைப்பது

கீறலை எடுங்கள், தூசியை எடுங்கள். கிரெயின் என்பது படத்தையே உருவாக்கும் பொடிப் புள்ளிகள், அது எடுபட்டால் முகம் மெழுகு பொம்மை ஆகிவிடும். வாடிக்கையாளர்கள் "பளிச்சுன்னு இருக்கு" என்று பாராட்டுவார்கள், அதுதான் கொடுமை.

'காலி' ரீல் என்று ஒதுக்குவது

நம் ஊர்ப் படங்களுக்குப் பட நெகட்டிவ் தனி, சவுண்ட் நெகட்டிவ் தனி. இரண்டாவதை விளக்கில் பிடித்தால் ஓரமாக ஒரு பட்டை ஓடும், அதுதான் ஒலி, மீதி வெறுமை. புதிதாக வந்தவர்களுக்கு அது கெட்டுப்போன ஃபிலிம். அதே பையன் போன வாரம் அப்படி மூன்று டப்பாக்களில் 'வேஸ்ட்' என்று எழுதி வாசலில் வைத்திருந்தான். மூன்றையும் உள்ளே தூக்கிவந்து, எழுதியதை அவனையே அழிக்கச் சொன்னேன்.