காரின் ஏர் ஃபில்டரை வீட்டிலேயே மாற்றுதல்: புழுதிச் சாலைக்காரர்களுக்கு ஒரு வழிமுறை

மார்கழியிலும் தையிலும் பென்னாகரம், பாலக்கோடு, தேன்கனிக்கோட்டை பக்கத்துக் கிராமச் சாலைகளில் காரோட்டிச் செல்பவர்களுக்கு, கேழ்வரகுக் கதிரையும் கொள்ளுச் செடியையும் தார்ச்சாலையில் பரப்பி, போகிற வருகிற வண்டிகளின் சக்கரங்களைக் கொண்டே போரடித்துக்கொள்ளும் காட்சி புதிதன்று. அந்தக் களத்தின்மேல் ஏறி இறங்கும் ஒவ்வொரு காரும் கொஞ்சம் உமியையும் சருகையும் உள்ளே இழுத்துக்கொண்டுதான் வீடு திரும்புகிறது. பர்கூர், ஜெகதேவி பக்கம் கிரானைட் ஏற்றிச் செல்லும் லாரிகளின் பின்னால் போகும் கார்கள் இழுத்துக்கொள்வது அதைவிடக் கொடியது. இவை இன்ஜினுக்குள் போய்ச் சேராமல் தடுப்பது, போனட்டின் கீழே ஒரு கறுப்புப் பிளாஸ்டிக் பெட்டிக்குள் இருக்கும் மடிப்புக் காகிதம்தான். அதை மாற்றுவது பத்துப் பதினைந்து நிமிட வேலை; பெரும்பாலான கார்களில் அதற்காகப் பட்டறைக்குப் போக வேண்டியதில்லை. மாற்றிய ஃபில்டர் பெட்டிக்குள் இடைவெளியின்றி உட்கார்ந்திருக்கிறதா என்று பார்ப்பதற்குத்தான் கூடுதல் கவனம் வேண்டும் என்பதை நான் பட்டே தெரிந்துகொண்டேன்.

ஒரு கிலோ பெட்ரோல் முழுமையாக எரிய ஏறத்தாழ 14.7 கிலோ காற்று வேண்டும். லிட்டர் கணக்கில் சொன்னால், ஒரு லிட்டர் பெட்ரோலுக்குச் சுமார் 9,000 லிட்டர் காற்று செலவாகிறது. கிருஷ்ணகிரியிலிருந்து தருமபுரி போய்ச் சேர மூன்று லிட்டர் பெட்ரோல் ஆகும் என்று வைத்துக்கொண்டால், 12,000 லிட்டர் பிடிக்கும் தண்ணீர் லாரிகள் இரண்டில் அடைத்தாலும் மிஞ்சும் அளவுக்குக் காற்று அந்த ஒரு பயணத்தில் அந்தக் காகிதத்தின் வழியே போகிறது. கிரானைட் தூளில் குவார்ட்ஸ் கலந்திருப்பதும், குவார்ட்ஸ் இன்ஜினுக்குள் இருக்கும் வார்ப்பிரும்பை விடக் கடினமானது என்பதும் சேர்ந்துதான் நம் பக்கத்துப் புழுதியை ஆபத்தானதாக்குகின்றன. அது சிலிண்டருக்குள் போனால் பிஸ்டன் ரிங்கையும் சிலிண்டர் சுவரையும் உப்புத்தாள் போலத் தேய்க்கும். வண்டி ஆயில் குடிக்கத் தொடங்கிய பிறகுதான் அது நமக்குத் தெரியவரும்.

ஃபில்டரை மாற்றினால் மைலேஜ் கூடும் என்று பரவலாகச் சொல்வார்கள். கார்புரேட்டர் வைத்த பழைய கார்களுக்கு அது பொருந்தும். இப்போதைய இன்ஜெக்‌ஷன் கார்களில், உள்ளே வரும் காற்றின் அளவைச் சென்சார் கணித்து அதற்கேற்பவே பெட்ரோல் விடப்படுவதால், ஃபில்டர் அடைத்துக்கொண்டாலும் மைலேஜ் பெரிதாகக் குறைவதில்லை. அமெரிக்காவின் ஓக் ரிட்ஜ் தேசிய ஆய்வகம் 2009-ஆம் ஆண்டில் செய்த சோதனையும் இதையே காட்டியது; குறைவது வண்டியின் இழுவைதான். சேலத்திலிருந்து வரும்போது தொப்பூர்க் கணவாய் ஏற்றத்திலோ, ஓசூர் போகும்போது மேலுமலை ஏற்றத்திலோ, வழக்கமாக நான்காவது கியரில் ஏறுகிற வண்டி மூன்றுக்கு இறக்கச் சொல்லிக் கெஞ்சினால், முதலில் திறந்து பார்க்க வேண்டியது ஏர் ஃபில்டர் பெட்டியைத்தான்.

எப்போது மாற்றுவது

ஒவ்வொரு காருக்கும் அதன் கையேட்டில் ஒரு கிலோமீட்டர் கணக்கு இருக்கும். அதன் அருகிலேயே, புழுதியில் ஓடும் வண்டிக்கு இதைவிட முன்னதாகவே மாற்றவும் என்றும் எழுதியிருக்கும். அந்த இரண்டாவது வரி நமக்காக எழுதப்பட்டது என்று எடுத்துக்கொள்ளுங்கள். நெடுஞ்சாலையிலேயே ஓடுகிற வண்டிக்குக் கையேட்டின் கணக்கு போதும். தினமும் குவாரிப் பாதையிலோ, மாந்தோப்புக்குப் போகும் மண்பாதையிலோ ஓடுகிற வண்டிக்கு அந்தக் கணக்கில் பாதியில் மாற்றிவிடுவது என் வழக்கம். டீசல் டர்போ வண்டி வைத்திருப்பவர்கள் இதில் இன்னும் கண்டிப்பாக இருக்க வேண்டும். கசிந்து வரும் புழுதி முதலில் அறைவது, அதிவேகத்தில் சுழலும் டர்போவின் இதழ்களைத்தான்.

நிறத்தை மட்டும் வைத்து முடிவுசெய்ய வேண்டாம். செம்மண் சாலையில் ஆயிரம் கிலோமீட்டர் ஓடினாலே வெள்ளைக் காகிதம் காவி வேட்டியாகிவிடும். அதனால் அது கெட்டுப்போய்விட்டது என்று ஆகாது. மடிப்புகளை விரலால் லேசாக விரித்து, பின்னால் கைப்பேசி விளக்கைப் பிடித்துப் பாருங்கள். வெளிச்சம் பெரும்பாலான இடங்களில் மங்கலாகவேனும் ஊடுருவினால் இன்னும் கொஞ்ச நாள் ஓடும். மடிப்புகளின் அடி தெரியாத அளவுக்குப் புழுதி அடைத்திருந்தாலோ, காகிதம் கிழிந்தோ நனைந்தோ இருந்தாலோ, ரப்பர் விளிம்பு வெடித்திருந்தாலோ உடனே மாற்ற வேண்டும்.

வாராவாரம் பெட்டியைத் திறந்து ஃபில்டரைத் தட்டி வைப்பதை ஒரு பராமரிப்பாக நினைப்பவர்கள் உண்டு. அது தேவையில்லை என்பதோடு, கெடுதலும்கூட. காகிதத்தின்மேல் படியும் மெல்லிய புழுதிப் படலம் தானே ஒரு வடிகட்டியாகி, நுண்ணிய தூளை நன்றாகவே பிடிக்கிறது. ஒவ்வொரு முறை திறக்கும்போதும் கொஞ்சம் தூள் இன்ஜின் பக்கம் விழவும் வாய்ப்பு உண்டு. ஐயாயிரம் கிலோமீட்டருக்கு ஒருமுறை பார்த்தால் போதும். காகித ஃபில்டரைத் தண்ணீரில் அலசவே கூடாது. டயருக்குக் காற்றுப் பிடிக்கும் குழாயை நேராக வைத்து அடிப்பதும் ஆகாது. கண்ணுக்குத் தெரியாத ஓட்டைகள் விழுந்துவிடும். கையேடு அனுமதித்தால் மட்டும், குழாயைத் தள்ளிப் பிடித்து, இன்ஜினை நோக்கியிருக்கும் சுத்தமான பக்கத்திலிருந்து, வெளிக்காற்று வந்து சேரும் அழுக்குப் பக்கம் நோக்கி மெதுவாக ஊதலாம்.

வாங்கும்போது

கடையில் காரின் பெயரை மட்டும் சொன்னால் போதாது. ஆண்டு, மாடல், பெட்ரோலா டீசலா என்பதையும் சொல்லுங்கள். ஆர்.சி. கையில் இருந்தால் சேஸிஸ் எண்ணை வைத்துச் சரியான பாகத்தைத் தேடித் தருவார்கள். ஏசி ஃபில்டர் என்பது வேறு. அது காருக்குள் இருப்பவர்கள் சுவாசிக்கும் காற்றுக்கானது, பெரும்பாலும் டேஷ்போர்டு பெட்டிக்குப் பின்னால் இருப்பது. இரண்டையும் குழப்பி வாங்கிவந்து திரும்பக் கடைக்கு நடப்பவர்களைப் பார்த்திருக்கிறேன்.

சில நூறு ரூபாயில் முடிகிற பொருள் இது. இதில் போலி வாங்கி மிச்சம் பிடிக்க ஒன்றுமில்லை. நல்ல ஃபில்டரில் மடிப்புகள் ஒரே இடைவெளியில் நேராக நிற்கும். சுற்றியிருக்கும் ரப்பர் விளிம்பு விரலால் அமுக்கினால் அமுங்கி, விட்டதும் பழைய வடிவத்துக்கு எழும். போலியில் அந்த விளிம்பு கட்டை போல விறைத்திருக்கும். எண்ணெய் பூசிக் கழுவிக் கழுவிப் போடும் பருத்தி ஃபில்டர்களும் கிடைக்கின்றன. நம் புழுதிக்குக் காகிதமே மேல் என்பது என் கருத்து. எண்ணெய் கூடிப்போனால் காற்றளவுச் சென்சாரில் படிந்து வேறு தொல்லை கொடுக்கும்.

மாற்றும் முறை

வண்டியைச் சமதளத்தில் நிறுத்தி, ஹேண்ட்பிரேக் போட்டு, சாவியை எடுத்துவிட்டு, இன்ஜின் ஆறும்வரை அரை மணி நேரமாவது காத்திருங்கள். காற்றடிக்கும் தெருவோரத்தைவிடச் சுவரோர நிழல் நல்லது. ஒரு ஸ்டார் ஸ்க்ரூடிரைவர், சில கார்களுக்குப் பத்தாம் நம்பர் ஸ்பேனர், இரண்டு சுத்தமான துணிகள், ஒரு மார்க்கர் பேனா, முகக்கவசம் ஆகியவை போதும். முகக்கவசத்தை அலட்சியம் செய்யாதீர்கள். இன்ஜினுக்கு ஆகாத கல்தூள் நம் நுரையீரலுக்கும் ஆகாது.

போனட்டைத் திறந்ததும், இன்ஜினுக்குக் கைத்தடிமன் உள்ள கறுப்புக் குழாய் ஒன்று போவதைக் காணலாம். அதைப் பின்தொடர்ந்தால் அது வந்து சேரும் பிளாஸ்டிக் பெட்டிதான் ஏர் ஃபில்டர் பெட்டி. திறப்பதற்கு முன் மூடியின் மேற்புறத்தையும் கிளிப்புகளின் சுற்றுப்புறத்தையும் ஈரத்துணியால் துடைத்துவிடுங்கள். பட்டறைகளில் அவசரத்தில் விட்டுவிடுகிற வேலை இது. துடைக்காமல் திறந்தால் மூடிமேல் இருக்கும் அத்தனை புழுதியும் உள்ளேதான் விழும்.

மூடியைக் கம்பிக் கிளிப்புகளோ திருகுகளோ பிடித்திருக்கும். கிளிப்பை வெளிப்பக்கமாக நெம்பினால் விடுபடும். திருகாக இருந்தால் கழற்றியவற்றை ஒரு கிண்ணத்தில் போட்டு வையுங்கள், இன்ஜின் இடுக்கில் விழுந்த திருகைத் தேடுவது ஃபில்டர் மாற்றுவதைவிட நேரம் பிடிக்கும். குழாயில் ஒயர் சொருகிய சென்சார் இருந்தால் மூடியை இழுக்கும் வேகத்தில் ஒயரைப் பிய்த்துவிடக் கூடாது. மூடி போதுமான அளவு எழும்பாவிட்டால் மட்டும், பிளக்கின் பூட்டை அழுத்தி அதைக் கழற்றிக்கொள்ளுங்கள்.

பழைய ஃபில்டரை எடுப்பதற்கு முன், அது எந்தப் பக்கம் மேலாக, எப்படி உட்கார்ந்திருக்கிறது என்பதைக் கைப்பேசியில் ஒரு படம் எடுத்துக்கொள்ளுங்கள். பிறகு சாய்க்காமல் நேராகத் தூக்கி, ஒரு பிளாஸ்டிக் பைக்குள் போட்டுக் கட்டிவிடுங்கள். வாசலில் தட்டிப் பார்க்க வேண்டாம். ஃபில்டரில் எண்ணெய் ஊறியிருந்தால் புதியதைப் போட்டு மூடிவிட்டு நிம்மதியடையக் கூடாது, இன்ஜினிலிருந்து எண்ணெய் ஆவி திரும்பி வருகிறது என்று பொருள். மெக்கானிக்கிடம் காட்ட வேண்டும். பெட்டிக்குள் தண்ணீர் நின்றிருந்தால் வண்டியை ஸ்டார்ட் செய்யவே வேண்டாம். தோப்பு வீட்டில் இருக்கும் என் நண்பர் ஒருவருடைய கார்ப் பெட்டியில் தேங்காய் நாரும் மாஞ்சருகும் சேர்த்து எலி குடும்பமே நடத்திக்கொண்டிருந்தது. அப்படி ஏதும் இருந்தால் குழாய்களை எலி கடித்திருக்கிறதா என்பதையும் பார்த்துவிடுங்கள்.

இப்போது பெட்டிக்குள் இரண்டு பக்கங்கள் தெரியும். வெளிக்காற்று வந்து சேரும் அழுக்குப் பக்கத்தில் புழுதியும் பூச்சிகளும் உமியும் கிடப்பது இயல்பு. அதை ஈரத்துணியால் வழித்து எடுங்கள். இன்ஜினுக்குப் போகும் குழாயின் வாயைச் சுத்தமான துணியால் அடைத்துக்கொண்டு துடைப்பது நல்லது. அந்தத் துணியின் நுனி வெளியே தொங்குமாறு விடுங்கள், மறந்து உள்ளேயே வைத்து மூடிவிடாமல் இருக்க அது உதவும். அடுத்து, ஃபில்டருக்கு அப்பால் இருக்கும் சுத்தமான பக்கத்தை ஒரு வெள்ளைத் துணியால் தடவிப் பாருங்கள். துணியில் ஒன்றும் ஒட்டக் கூடாது.

என் பழைய ஹேட்ச்பேக்கில் ஒட்டியது. முதன்முறை நானே ஃபில்டர் மாற்றிய பெருமையில் நாலாயிரம் கிலோமீட்டர் ஓட்டிவிட்டு, எதற்கும் பார்ப்போமே என்று திறந்தபோது, மூடியின் உட்புறத்தில் ஒரு மூலையிலிருந்து குழாய் வாய்வரை திருநீற்றுக் கீற்றுப் போல வெளுத்த தூள் ஒரு கோடாகப் படிந்திருந்தது. மூடியின் பின்பக்கம் இருந்த இரண்டு நாக்குகளில் ஒன்று அதன் துளைக்குள் நுழையாமலே, முன்பக்கக் கிளிப்புகளை மட்டும் அழுத்திப் பூட்டியிருக்கிறேன். பார்வைக்கு மூடியது போலத்தான் இருந்தது. அந்த மூலையில் ஒரு அட்டையின் தடிமனுக்கு இடைவெளி. புழுதி ஃபில்டரைத் தொடாமல் அந்த வழியாக இன்ஜினுக்குப் போயிருக்கிறது. அழுக்கடைந்த பழைய ஃபில்டரையே விட்டிருந்தால்கூட இன்ஜினுக்கு அவ்வளவு கெடுதல் நேர்ந்திருக்காது.

ஆகவே புதிய ஃபில்டரைப் பழையதன் அருகில் வைத்து நீளம், அகலம், உயரம், விளிம்பின் வடிவம் எல்லாம் ஒத்துப்போகின்றனவா என்று பார்த்தபின், அதன் ஓரத்தில் மார்க்கரால் தேதியையும் அன்றைய கிலோமீட்டரையும் எழுதி, பள்ளத்துக்குள் நேராக இறக்குங்கள். அம்புக்குறி இருந்தால் அது இன்ஜினை நோக்கிக் காற்று போகும் திசையைக் குறிக்கும். ரப்பர் விளிம்பைச் சுற்றிலும் விரலை ஓட்டி, எங்கும் மேடாகவோ மடிந்தோ இல்லை என்பதை உறுதிசெய்யுங்கள். குழாய் வாயில் வைத்த துணியை எடுத்துவிடுங்கள். பிறகு மூடியின் நாக்குகளை முதலில் துளைக்குள் நுழைத்து, அவை நுழைந்ததைக் கண்ணால் அல்லது கைப்பேசி விளக்கால் பார்த்தபின்பே முன்பக்கத்தை இறக்குங்கள். சரியாக உட்கார்ந்த மூடிக்குக் கிளிப் சாதாரண அழுத்தத்திலேயே பூட்டிக்கொள்ளும். உள்ளங்கையால் ஓங்கித் தட்ட வேண்டியிருந்தால் எங்கோ ஒரு மூலை சரியாக உட்காரவில்லை என்று அர்த்தம், மறுபடி திறந்து பாருங்கள். திருகுகளை எதிரெதிராக மாற்றி மாற்றிக் கொஞ்சம் கொஞ்சமாக இறுக்க வேண்டும். அவை பிளாஸ்டிக்கில் இறங்குபவை என்பதால் கைவலிமை காட்டினால் மரை போய்விடும்.

கழற்றிய சென்சார் பிளக்கை மறக்காமல் சொருகி, குழாயின் கிளாம்ப் அசைகிறதா என்று ஆட்டிப் பார்த்துவிட்டு, வண்டியை நியூட்ரலில் ஸ்டார்ட் செய்யுங்கள். பெட்டியின் ஓரத்தில் புஸ் என்று காற்றிழுக்கும் ஓசை கேட்டால் மூடி சரியில்லை. டேஷ்போர்டில் இன்ஜின் விளக்கு அணையாமல் எரிந்தால் பெரும்பாலும் அந்தப் பிளக்தான் காரணம். எதுவும் இல்லையென்றால் ஓட்டத் தொடங்கலாம். ஐநூறு கிலோமீட்டர் ஓடியதும், மூடியைத் துடைத்துவிட்டு ஒரே ஒருமுறை திறந்து, சுத்தமான பக்கத்தை அதே வெள்ளைத் துணியால் இன்னொரு முறை தடவிப் பாருங்கள்; துணி வெள்ளையாகவே இருந்தால், அடுத்த ஐயாயிரம் கிலோமீட்டர் வரை அந்தப் பெட்டியைத் தொட வேண்டியதில்லை.